வழக்குரை காதையும் ஆட்கொணர்வு மனுவும்

மனித உரிமைச் சட்டம் பற்றி எழுதித் தருமாறு மலர்க்குழுவினர் அன்போடு பணித்தனர். 1948ஆம் ஆண்டின் உலகப் பிரகடனத்திலிருந்து தொடங்குவது வழமை. இம்மலரை விரிக்கும் சட்டத்தரணிகளும் ஆசிரியர்களும் அதனை நன்கறிவர். 2009 மே மாதத்தில் முடிந்த யுத்தத்தின் கதையும் வாசகர் வீடுகளிலேயே இருக்கிறது. ஆகவே ஒரு கேள்வியை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். “என் பிள்ளை எங்கே?” என்று கேட்கும் தாய்க்குச் சட்டம் எந்த அளவுக்குக் கடமைப்பட்டிருக்கிறது?

விடையைத் தேடி முதலில் வழக்குரை காதைக்கே போகிறேன். பாண்டியன் நெடுஞ்செழியன் பிழையான தீர்ப்பு வழங்கினான் என்றே மேடைகளில் சொல்லிவருகிறோம். சிலப்பதிகாரத்தைத் திரும்பத் திரும்பப் படித்த எனக்கு, அங்கே தீர்ப்பென்று ஒன்று நிகழவேயில்லை என்றே படுகிறது. ஊடல் கொண்ட தேவியின் மாளிகைக்குப் போகும் வழியில் பொற்கொல்லன் சொன்னதைக் கேட்டு மன்னன் ஆணையிட்டான். கோவலனை அவைக்கு அழைக்கவில்லை. ஒரு சொல் கேட்கவில்லை. சிலம்பைக் கண்ணால் பார்க்கவுமில்லை. விசாரணை கோவலன் இறந்த பின்னரே, அதுவும் அவன் மனைவி வந்து கேட்டதனாலேயே நடந்தது. கண்ணகி இரக்கம் வேண்டி வாயிலில் நிற்கவில்லை. தன் சிலம்பின் பரல் மாணிக்கம் என்றாள்; தம் சிலம்பின் பரல் முத்து என்றான் அரசன். சான்றுப் பொருள் அவைக்கு வந்தது, உடைந்தது, மாணிக்கம் தெறித்தது. குற்றம் தனதே என்று அவனே ஏற்றான். ஆராயாத ஆணை ஆணையாகாது என்னும் இந்த நெறியை வள்ளுவரும் வற்புறுத்துகிறார். செங்கோன்மை அதிகாரத்தின் முதற் குறளே ஆராய்தலில்தான் தொடங்குகிறது.

கண்ணகி அன்னை எங்கே கோயில் கொண்டிருக்கிறாள் என்பதையும் நினைத்துப் பார்க்க வேண்டும். இறுதி யுத்தம் முடிந்த நந்திக்கடலின் கரையிலேயே வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் வீற்றிருக்கிறாள். வைகாசிப் பொங்கலுக்கு வன்னி முழுவதும் அங்கே திரளும். வரந்தரு காதையில் கடவுள் மங்கலத்துக்கு வந்தவர்களுள் இலங்கைக் கயவாகுவும் ஒருவன். சிங்கள மக்கள் அவளைப் பத்தினித் தெய்வம் என்று வழிபடுகின்றனர். வழக்கோடு அரசவைக்கு வந்த பெண்ணைத் தெய்வமாகத் தொழும் தீவு இது. அவள் கேட்ட விசாரணையை இன்று கேட்கும் பெண்களுக்கு மறுக்கும் உரிமை இத்தீவில் எவருக்கும் இல்லை.

நவீன சட்டம் அவள் நின்ற இடத்துக்கு மெல்லத்தான் வந்து சேர்ந்தது. உருகுவேயில் காணாமல் ஆக்கப்பட்ட மகளுக்காக ஒரு தாய் முறையிட்டபோது, மகளின் கதி தெரியாத வேதனையால் தாயும் உரிமை மீறலுக்கு ஆளானவரே என்று ஐ.நா. மனித உரிமைகள் குழு 1983இல் கூறியது. ஹொண்டுராஸ் மாணவர் ஒருவரின் வழக்கில் அமெரிக்க நாடுகளுக்கிடையேயான மனித உரிமைகள் நீதிமன்றம் 1988இல், காணாமற்போனவரின் கதி தெரியவரும்வரை அரசின் விசாரணைக் கடமை தீராது என்றது. வலிந்து காணாமலாக்கலுக்கு எதிராக 2006இல் ஐ.நா. பொதுச்சபை ஏற்ற சமவாயமோ, போரையும் அவசரகாலத்தையும் சாட்டாகச் சொல்ல இடமே வைக்கவில்லை.

நமது நாட்டின் அரசியலமைப்பில் உயிர்வாழும் உரிமை வெளிப்படையாக எழுதப்படவில்லை. பொலிஸாரால் தாக்கப்பட்டு, பின் விளக்கமறியலில் இறந்த ஒருவரின் மனைவி கொண்டுவந்த வழக்கில், 13(4)ஆம் உறுப்புரையிலிருந்து அவ்வுரிமையை 2003இல் நீதியரசர் மார்க் பெர்னாண்டோ எடுத்துக்காட்டினார். கணவன் இறந்தாலும் வழக்கு இறப்பதில்லை என்பதும் அவ்வழக்கிலேயே நிலைபெற்றது. உயர் நீதிமன்றப் படியேறிய அப்பெண்மணியை நினைக்கும்போதெல்லாம் எனக்குப் பாண்டியன் அவை நினைவுக்கு வருகிறது.

அடிப்படை உரிமை மனுவுக்கு ஒரு மாத அவகாசமே உண்டு, வழக்கும் கொழும்பில். ஆயின் அந்த ஒரு மாதத்துள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறைப்பாடு செய்தால், விசாரணை நிலுவையில் உள்ள காலம் கணக்கில் சேராது என்கிறது 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம். மாகாண மேல் நீதிமன்றங்களுக்கு அரசியலமைப்பின் 154P உறுப்புரை வழங்கிய ஆட்கொணர்வு எழுத்தாணை அதிகாரம் இன்னும் அருமையானது. படையினரிடம் சரணடைந்தோரின் மனைவியர் 2013இல் வவுனியா மேல் நீதிமன்றத்துக்கு அந்த வழியாகவே வந்தனர்; விசாரணை முல்லைத்தீவு நீதவானிடம் சென்றது. காணாமற்போனோர் அலுவலகச் சட்டம் 2016இலும், வலிந்து காணாமலாக்கலைக் குற்றமாக்கிய சட்டம் 2018இலும் வந்தன. முன்னதன்படி, அலுவலகத்தின் முடிவுகள் எவர்மீதும் குற்றவியல் பொறுப்பையோ குடியியல் பொறுப்பையோ சுமத்தமாட்டா. கிளிநொச்சிக் கந்தசுவாமி கோயிலடியில் 2017 பெப்ரவரி 20இல் போராட்டத்தில் அமர்ந்த, காணாமலாக்கப்பட்டோரின் தாய்மார் அந்த அலுவலகத்தை ஏன் ஏற்கவில்லை என்பதற்கு வேறு விளக்கம் தேவையில்லை.

2025இல் அரியாலை சித்துப்பாத்தி மயானத்து மனிதப் புதைகுழியின் மண்ணை அகற்றியபோது, என்புகளோடு ஒரு பள்ளிப் புத்தகப்பையும் ஒரு விளையாட்டுப் பொம்மையும் வெளிவந்தன. அடையாளம் காட்டக் கூடியவர் உளரா என்று அறிய, ஆகஸ்டில் அப்பொருள்கள் மக்கள் பார்வைக்கு வைக்கப்பட்டன. காற்சிலம்பை அவையில் வைத்து ஆராய்ந்த மரபினர் நாம். அந்தப் பையும் பொம்மையும் நீதிமன்றக் காவலில் பழுதின்றி இருக்க வேண்டும்.

இளஞ்சட்டத்தரணிகளே, வயது முதிர்ந்த தாய்மாரின் சத்தியக் கடதாசிகளை இவ்வாண்டே எழுதி எடுங்கள். பிடித்துச் சென்ற நாள், இடம், வாகனம், கண்டவர் பெயர், முன்னர் கொடுத்த முறைப்பாட்டுத் துண்டு யாவும் அதில் இருக்கட்டும். மரபணு மாதிரிகளும் அவ்வாறே. பேரப்பிள்ளைகளைத் தேடிய ஆர்ஜென்டினப் பாட்டிமாருக்காக 1987இல் அந்நாட்டு நாடாளுமன்றம் தேசிய மரபணுத் தரவு வங்கியைச் சட்டத்தின் வழியாகவே நிறுவியது. இன்றும் அதன்வழி பேரப்பிள்ளைகள் இனங்காணப்படுகின்றனர். அத்தகைய சட்டமொன்றின் வரைவை நமது சட்டத்தரணிகள் சங்கங்கள் எழுதி, நாடாளுமன்ற உறுப்பினர்களிடம் நேரில் கையளிக்க வேண்டும். வரைவுப் பணியில் என் பங்கைச் செய்ய நான் ஆயத்தமாயிருக்கிறேன்.