ஆடாத ஆட்டங்கள்

விளையாட்டு வரலாறுன்னாலே நாம எல்லாரும் ஸ்கோர்கார்டைத்தான் புரட்டுவோம். யார் ஜெயிச்சாங்க, எவ்வளவு வித்தியாசத்துல, யார் கடைசி நிமிஷத்துல சொதப்பினாங்க... இதெல்லாம் எழுத ஆயிரம் பேர் இருக்காங்க. எனக்குக் கொஞ்ச நாளா வேற ஒரு பைத்தியம் பிடிச்சிருக்கு. நடக்கவேண்டிய நாள்ல நடக்காமப் போன ஆட்டங்களைத் தேடிப் படிக்கிறது. மழையில நின்னு போன மேட்ச் இல்லைங்க. நாடே நின்னு போனதால, இல்லேன்னா யாரோ நாலு பேர் "முடியாது"ன்னு சொன்னதால நின்னு போன ஆட்டங்கள்.

இந்தப் பதிவுக்கு எடுத்துக்கிட்டது அமெரிக்காவோட பென்சில்வேனியா ஸ்டேட் யூனிவர்சிட்டி. சுருக்கமா பென் ஸ்டேட். அங்கே கால்பந்துன்னா நம்ம ஊர் கால்பந்து இல்லை. முட்டை வடிவப் பந்தைக் கையில இடுக்கிக்கிட்டு, தலைக்கவசம் மாட்டிக்கிட்டு, ஒருத்தரை ஒருத்தர் முட்டித் தள்ளுற ஆட்டம். பேர்லதான் கால் இருக்கு :-) ஆடுறவங்க கல்லூரிப் பசங்கதான். ஆனா பென் ஸ்டேட்டோட பீவர் ஸ்டேடியத்துல 2010கள்ல 1 லட்சத்து 6 ஆயிரம் பேருக்கு மேல உட்கார இடம் இருந்தது. அது இருக்கிற ஊருக்குப் பேரே 'ஸ்டேட் காலேஜ்'. ஊரோட மக்கள்தொகை சுமார் 40 ஆயிரம். ஊரையே ரெண்டு தடவை உள்ளே உட்கார வெச்சாலும் மிச்ச இடம் இருக்கும்!

இன்னொரு விஷயம். ஒரு சீசன்ல மொத்தமே கொஞ்ச ஆட்டம்தான். அதனால ஒரு ஆட்டம் ரத்தானாலும் காயம் பெருசு.

சரி, விஷயத்துக்கு வருவோம்.

முதல்ல 1918. முதல் உலகப்போர் ஒரு பக்கம், ஸ்பானிஷ் ஃப்ளூ இன்னொரு பக்கம். பசங்க பாதிப் பேர் ராணுவப் பயிற்சியில, மீதிப் பேர் காய்ச்சல் பயத்துல. அந்த வருஷம் பென் ஸ்டேட் ஆடினது வெறும் 4 ஆட்டம். ஒண்ணு வெற்றி, ரெண்டு தோல்வி, ஒண்ணு டிரா.

அடுத்தது 1963. நவம்பர் 22, வெள்ளிக்கிழமை மதியம் டாலஸ் நகரத்துல ஜனாதிபதி கென்னடி சுட்டுக் கொல்லப்படுறார். மறுநாள் சனிக்கிழமை பென் ஸ்டேட்டுக்கும் பக்கத்து வீட்டுப் பங்காளி மாதிரியான பிட்ஸ்பர்க் பல்கலைக்கழகத்துக்கும் ஆட்டம். அதைத் தள்ளி வெச்சு டிசம்பர் 7ல ஆடினாங்க. 22-21ன்னு பிட்ஸ்பர்க் ஜெயிச்சது. 9 வெற்றி, ஒரே தோல்வின்னு சீசனை முடிச்சும் அந்த அணிக்குப் புத்தாண்டு சமயத்துல நடக்கிற 'பௌல்' ஆட்டம் எதுலயும் இடம் கிடைக்கலை.

2001, செப்டம்பர் 11க்கு ரெண்டு நாள் கழிச்சு, 13ஆம் தேதி, பென் ஸ்டேட் வர்ஜீனியா போய் ஆடுறதா இருந்தது. கடத்தப்பட்ட நாலு விமானங்கள்ல ஒண்ணு விழுந்தது பென்சில்வேனியா மண்ணுலதான். ஆட்டம் டிசம்பர் 1க்குப் போச்சு. அதுல 20-14ன்னு தோத்துப் போனாங்க.

2020ஐ நமக்கு யாரும் விளக்கவேண்டியதில்லை. ஜூலையில வெளியணிகளோட ஆட்டங்கள் ரத்து. ஆகஸ்ட் 11ல மொத்த சீசனையும் தள்ளி வெச்சாங்க. செப்டம்பர் 16ல "இல்லை இல்லை, ஆடலாம்"னு முடிவை மாத்தினாங்க. அக்டோபர் 24ல தொடங்கி, வரிசையா முதல் 5 ஆட்டத்துலயும் தோல்வி. அந்த அணியோட வரலாற்றுலயே அப்படி ஒரு தொடக்கம் அதுக்கு முன்னாடி கிடையாது.

இது வரைக்கும் சொன்ன நாலுக்கும் ஒரு ஒற்றுமை இருக்கு. கொள்ளைநோய், கொலை, பயங்கரவாதம்... எல்லாமே வெளியில இருந்து வந்தது. ஆட்டத்தை நிறுத்தினதுல யாருக்கும் பெருசா தேர்ந்தெடுக்க ஒண்ணும் இல்லை. ஆனா இந்தப் பட்டியல்ல ஒரே ஒரு ஆட்டம் மட்டும் வேற சாதி. (இந்த வார்த்தையைத் தெரிஞ்சுதான் போட்டிருக்கேன்.)

1946. ரெண்டாம் உலகப்போர் முடிஞ்சு ஒரு வருஷம். போருக்குப் போன பசங்க திரும்பி வந்து மறுபடி கல்லூரியில சேர்ந்திருக்காங்க. அந்த வருஷம் நவம்பர் கடைசியில பென் ஸ்டேட் அணி மியாமி பல்கலைக்கழகத்தோட மியாமியிலயே போய் ஆடுறதா ஏற்பாடு. பென்சில்வேனியா குளிர்ல பல்லு கிட்டுற நேரத்துல ஃப்ளோரிடா கடற்கரைக்கு ஒரு ட்ரிப். இருபது வயசுப் பையன் எவன் வேண்டாம்னு சொல்வான்?

சிக்கல் என்னன்னா, அணியில ரெண்டு கறுப்பின ஆட்டக்காரங்க இருந்தாங்க. வாலி டிரிப்லெட், டென்னி ஹாகார்ட். மியாமிக்காரங்க நேராவே சொல்லிட்டாங்க, அவங்க ரெண்டு பேரும் இங்கே ஆடினா அசம்பாவிதம் நடக்கும், விட்டுட்டு வாங்கன்னு.

இப்படிக் கேட்டது அன்னிக்கு ஒண்ணும் அதிசயம் இல்லை. இதுக்குன்னு எழுதப்படாத ஒரு வழக்கமே இருந்தது. பேரு 'கனவான்கள் ஒப்பந்தம்'. வடக்குக் கல்லூரி தெற்கே ஆடப் போனா கறுப்பின மாணவனை வீட்டுலயே விட்டுட்டுப் போகணும். என்ன ஒரு கனவான்தனம்! 1940ல நியூயார்க் பல்கலைக்கழகம் மிசௌரிக்கு ஆடப் போனப்போ லியோனார்ட் பேட்ஸ்ங்கிற ஆட்டக்காரரை அப்படித்தான் விட்டுட்டுப் போச்சு. எதிர்த்துப் போராடின மாணவர்கள்ல 7 பேரை 1941ல இடைநீக்கம் பண்ணாங்க. அந்தப் பல்கலைக்கழகம் அவங்களைக் கௌரவிச்சது 2001ல. அறுபது வருஷம் கழிச்சு.

இன்னொரு கொடுமை, மியாமிக்கும் டிரிப்லெட்டுக்கும் ஏற்கனவே ஒரு பழைய கதை உண்டு. பள்ளியில ஆடும்போதே அவருக்கு அதே மியாமி பல்கலைக்கழகத்துல இருந்து கடிதம் வந்திருந்தது, உதவித்தொகை தர்றோம், வாங்கன்னு. அவர் வீடு ஃபிலடெல்ஃபியா பக்கத்துல வசதியான வெள்ளைக்காரங்க இருக்கிற பகுதியை ஒட்டி இருந்ததால, முகவரியைப் பார்த்து வெள்ளைக்காரப் பையன்னு நினைச்சுட்டாங்க. நான் கறுப்பன்னு அவர் பதில் எழுதினதும், அழைப்பு காத்துல போச்சு. ஊர் பேரைக் கேட்டு, தெரு பேரைக் கேட்டு ஆளை எடை போடுறது நம்ம ஊர் வியாதி மட்டும்னு நினைச்சிட்டிருந்தேன்.

பென் ஸ்டேட் பசங்க முன்னாடி இப்போ ரெண்டு வழி. ரெண்டு பேரை மட்டும் விட்டுட்டுப் போகலாம். பழைய வழக்கம்தான், யாரும் கேள்வி கேட்கப் போறதில்லை. இல்லேன்னா யாருமே போகவேண்டாம். அணி கூடிப் பேசி வாக்கெடுத்தது. போகவேண்டாம்னு முடிவு. நவம்பர் தொடக்கத்துல கல்லூரி அதை அறிவிச்சது. அணியில இருக்கிற எல்லாரும் ஆட முடியுற இடத்துல மட்டும்தான் எங்க கல்லூரி ஆடும்னு ஒரு கொள்கையாவே சொல்லிட்டாங்க. ஆட்டம் ரத்து. அந்த சீசன் 6 வெற்றி, 2 தோல்வின்னு முடிஞ்சது. மியாமிங்கிற பேர் அந்தப் பட்டியல்லயே இல்லை.

இதுல எனக்குப் பிடிச்சது என்ன தெரியுமா? யாரும் பெருசா வீரவசனம் பேசலை. அமெரிக்க உச்ச நீதிமன்றம் பள்ளிகள்ல நிறப்பிரிவினை செல்லாதுன்னு சொன்னது 1954ல. ரோசா பார்க்ஸ் பஸ்ல எழுந்திரிக்க மாட்டேன்னது 1955ல. ஜாக்கி ராபின்சன் மேஜர் லீக் பேஸ்பால்ல கால் வெச்சது 1947 ஏப்ரல்ல. அதெல்லாம் வர்றதுக்கு முன்னாடி, ஒரு சின்ன ஊர்க் கல்லூரிப் பசங்க, தங்களுக்குக் கிடைக்கவேண்டிய ஒரு ஜாலி ட்ரிப்பை விட்டுக்கொடுத்தாங்க. அவ்வளவுதான். ஆனா அந்த 'அவ்வளவுதான்'தான் கஷ்டம்.

அடுத்த வருஷம் 1947, அதே அணி ஆடின 9 ஆட்டத்துலயும் வெற்றி. 319 புள்ளி எடுத்து, விட்டுக்கொடுத்தது வெறும் 27. 1948 ஜனவரி 1ல டாலஸ் நகரத்துல காட்டன் பௌல். எதிரணி சதர்ன் மெதடிஸ்ட் பல்கலைக்கழகம். இந்தத் தடவை தெற்கத்தி அணியே ரெண்டு கறுப்பின ஆட்டக்காரங்களோட ஆடச் சம்மதிச்சது. ஆனா டாலஸ் ஓட்டல்கள் சம்மதிக்கலையே! மொத்த அணியும் ஊருக்கு வெளியே ஒரு கடற்படை விமானத் தளத்துல தங்கிச்சு. ரெண்டு பேரை மட்டும் வேற இடத்துக்கு அனுப்பலை, கவனிங்க. ஆட்டம் 13-13 டிரா. பென் ஸ்டேட்டைச் சமன் பண்ண வெச்ச அந்த டச்டவுனைப் பிடிச்சவர் யாருன்னு நினைக்கிறீங்க? வாலி டிரிப்லெட்டேதான். காட்டன் பௌல்ல ஆடின முதல் கறுப்பினத்தவங்க அவரும் ஹாகார்டும்தான்.

பென் ஸ்டேட் மைதானத்துல ஆயிரக்கணக்கானவங்க சேர்ந்து கத்துற 'நாங்கள் பென் ஸ்டேட்'ங்கிற கோஷம் அந்த அணியில இருந்துதான் பிறந்ததுன்னு ஒரு அழகான கதை உண்டு. அது கதைதான். கோஷத்தைக் கொண்டு வந்தது 1970கள்ல இருந்த உற்சாகக் குழுவினர். கதை பொய்யா இருந்தாலும், அதை யார் தலையில கட்டணும்னு ஜனங்களுக்குச் சரியாத் தெரிஞ்சிருக்கு.

டிரிப்லெட் 1949ல டெட்ராய்ட் லயன்ஸ் அணிக்குத் தேர்வானார். தேர்வு முறையில எடுக்கப்பட்டு என்.எஃப்.எல்.ல ஆடின முதல் கறுப்பினத்தவர் அவர். 2018ல, 92 வயசுல காலமானார்.

மியாமி என்னாச்சு? அங்கே கறுப்பின மாணவர்களைச் சேர்க்கவே 1961 வரைக்கும் ஆச்சு. அப்புறம் வரலாறு ஒரு வேலை பண்ணுச்சு. 1987 ஜனவரி 2, ஃபியஸ்டா பௌல், தேசிய சாம்பியன் யாருங்கிற ஆட்டம். ஒரு பக்கம் பென் ஸ்டேட். இன்னொரு பக்கம்... மியாமி! மைக்கேல் இர்வின், ஜெரோம் பிரவுன்னு அந்த மியாமி அணியோட நட்சத்திரங்கள்ல பெரும்பாலானவங்க கறுப்பினப் பசங்க. நாப்பது வருஷம் முன்னாடின்னா அந்த மைதானத்துல இறங்கக்கூட முடியாதவங்க. பென் ஸ்டேட் 14-10ன்னு ஜெயிச்சது. ஆனா என்னைக் கேட்டா, 1946ல ஆடாத ஆட்டத்தோட ஸ்கோர் அன்னிக்கு மியாமி அணியோட ஆட்டக்காரர் பட்டியல்லயே தெரிஞ்சது.

இங்கே முடிச்சா பதிவு சுபம். ஆனா முடிக்க மனசு வரலை. ஏன்னா இதே பென் ஸ்டேட்டுக்கு 2012ல வேற ஒரு ரத்தும் நடந்தது.

ஜெர்ரி சாண்டஸ்கின்னு முன்னாள் துணைப் பயிற்சியாளர். சிறுவர்களைப் பல வருஷமா பாலியல் வன்கொடுமை பண்ணதுக்காக 2012 ஜூன்ல 45 குற்றச்சாட்டுகள்ல தண்டிக்கப்பட்டார். மேல இருந்தவங்க காதுக்கு விஷயம் போயும் சரியான இடத்துக்குப் போகலை. பல்கலைக்கழகத்தோட முன்னாள் தலைவர் உட்பட மூணு உயரதிகாரிகள் 2017ல தண்டனை பெற்றாங்க. கல்லூரி விளையாட்டுகளை நிர்வகிக்கிற அமைப்பு 2012 ஜூலையில 6 கோடி டாலர் அபராதம் போட்டு, 1998ல இருந்து 2011 வரைக்கும் ஜெயிச்ச 112 வெற்றிகளை ரத்து பண்ணுச்சு. அதுல 111 தலைமைப் பயிற்சியாளர் ஜோ பேட்டர்னோவோடது. அவரோட 409 வெற்றி ஒரே நாள்ல 298 ஆச்சு.

வேடிக்கை என்னன்னா, எதிரணிக்கு அந்த வெற்றி போகலை. தோத்தவன் தோத்தவன்தான், ஜெயிச்சவன் மட்டும் ஜெயிக்கலை. நம்ம பாஷையில சொன்னா சாஃப்ட் டெலீட். 2015 ஜனவரியில ஒரு வழக்குச் சமரசத்துல 112 வெற்றியையும் திருப்பிக் கொடுத்துட்டாங்க. ரோல்பேக்! பாதிக்கப்பட்ட பசங்களுக்கு அப்படி ஒரு ரோல்பேக் கிடையாது.

யோசிச்சுப் பாருங்க. 112 ஆட்டம் நிஜமா நடந்தது, லட்சம் பேர் கண்ணால பார்த்தாங்க. ஆனா அதைப் பத்திப் பேசும்போது யாருக்கும் தலை நிமிரலை. 1946ல ஒரு ஆட்டம் நடக்கவே இல்லை. ஒரு டிக்கெட் கிழியலை, ஒரு விசில் ஊதலை. அதைச் சொல்லும்போது மட்டும் அந்த ஊர்க்காரங்க குரல் மாறுது.

ரெண்டு தடவையும் அதே கல்லூரிதான், அதே நீல வெள்ளைச் சட்டைதான். ஒரு தடவை, பக்கத்துல நிக்கிற ரெண்டு பேருக்காக ஆட்டத்தை விட்டுக்கொடுத்தாங்க. இன்னொரு தடவை, ஆட்டத்துக்காகப் பக்கத்துல நின்ன குழந்தைகளை விட்டுக்கொடுத்தாங்க. கொள்கைங்கிறது கல்லூரிச் சுவத்துல எழுதி வெச்சதால தங்கிடாது போல. ஒவ்வொரு தலைமுறையும் புதுசா கையைத் தூக்கி வாக்களிக்கவேண்டியிருக்கு.

உங்களுக்கும் இப்படி ஆடாமலே ஜெயிச்ச ஆட்டம் ஏதாவது தெரிஞ்சிருந்தா பின்னூட்டத்துல சொல்லுங்க. கிரிக்கெட்டா இருந்தாலும் சரி, கபடியா இருந்தாலும் சரி. என் பட்டியல்ல இன்னும் நிறைய இடம் இருக்கு.