வீட்டுக் கடனின் விலை: ஒத்தியிலிருந்து மாதத் தவணை வரை

தமிழ்நாட்டில் வீட்டையும் மனையையும் ஈடாக வைத்துக் கடன் பெறும் வழக்கம் வங்கிகளைவிட மிகப் பழையது. சோழர் காலக் கல்வெட்டுகளில் பொலிசை என்ற பெயரில் வட்டிக் கணக்கு நுணுக்கமாகப் பதிவாகியிருக்கிறது. அசல் அப்படியே நிற்க, அதன் பொலிசையாக நெல்லோ நெய்யோ ஆண்டுதோறும் கோயிலுக்கு அளக்க வேண்டும் என்று ஊர்ச் சபைகள் ஒப்புக்கொண்டதை அவை சொல்கின்றன. அன்றுமுதல் இன்றுவரை கடனின் வடிவம் பலமுறை மாறியிருக்கிறது. ஒவ்வொரு மாற்றத்திலும் கடன் வாங்குவது எளிதானது. அதற்குக் கொடுக்கும் மொத்த விலை கண்ணுக்குத் தெரிவது அரிதானது.

பழைய வடிவங்களில் முதன்மையானது ஒத்தி. சென்னைப் பக்கம் போக்கியம் என்பார்கள். கடன் கொடுத்தவர் சொத்தைத் தம் அனுபவத்தில் எடுத்துக்கொள்வார். நிலமானால் விளைச்சல், வீடானால் குடியிருக்கும் உரிமை அவருக்கு வட்டியாக அமையும். கெடு முடிந்ததும் அசலைத் திருப்பிக் கொடுத்தால் சொத்து திரும்பும். யாழ்ப்பாணத் தமிழரின் சொத்து வழக்கங்களை டச்சுக்காரர் 1707-இல் தொகுத்த தேசவழமையிலும் இது ஒற்றி என்ற பெயரில் தனி இடம் பெற்றிருக்கிறது. மதுரை, திருநெல்வேலி, சென்னை எங்கும் இன்றைக்கும் ஒரு தொகையை மொத்தமாகக் கொடுத்து, வாடகை இல்லாமல் இரண்டு மூன்று ஆண்டு குடியிருந்து, போகும்போது அதே தொகையைத் திரும்பப் பெறும் வழக்கம் உயிரோடு இருக்கிறது. ஒத்தியில் கடனின் விலை மறைவதே இல்லை. சொந்த வீட்டை விட்டு வெளியேறி நிற்பதுதான் அந்த விலை. அந்த வீட்டுக்கு என்ன வாடகை வரும் என்று தெரிந்த எவருக்கும் வட்டி எவ்வளவு என்பது தெரியும். அசல் மட்டும் ஒரு ரூபாய்கூடக் குறையாது. அதனால்தான் ஒத்தி வைத்த சொத்துகள் பல தலைமுறை தாண்டியும் மீளாமல் போயின.

ஒத்தியைவிட ஆபத்தான வடிவமும் இருந்தது. கெடுவுக்குள் பணம் வராவிட்டால் சொத்து கடன் கொடுத்தவருக்கே கிரயமாகிவிடும் என்ற நிபந்தனையுடன் எழுதப்படும் பத்திரம் அது. 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டம் இவற்றை வகைப்படுத்தி ஒழுங்குசெய்தது. அனுபவ அடமானம், நிபந்தனைக் கிரய அடமானம், சொத்தைக் கைமாற்றாமல் எழுதும் சாதாரண அடமானம் எனப் பல வகைகளை அதன் 58-ஆவது பிரிவு விளக்குகிறது. கடனை அடைத்துச் சொத்தை மீட்கும் உரிமையை 60-ஆவது பிரிவு உறுதிசெய்தது. கிரயப் பத்திரம் ஒன்று, திருப்பித் தருவேன் என்ற உறுதிச் சீட்டு வேறொன்று என இரண்டாக எழுதினால் அது அடமானமா கிரயமா என்ற குழப்பத்தைத் தீர்க்க, நிபந்தனை அதே பத்திரத்தில் இருந்தால்தான் அது அடமானம் ஆகும் என்று 1929-இல் திருத்தம் வந்தது. அந்தச் சட்டத்தின் இன்னொரு வகை, மூலப் பத்திரத்தை ஒப்படைத்துக் கடன் பெறுவது. தொடக்கத்தில் வணிக நகரங்களுக்கென வகுத்த வசதி இது. கல்கத்தா, சென்னை, பம்பாய் நகரங்களைச் சட்டமே பெயர் சொல்லிக் குறிப்பிட்டது. மற்ற ஊர்களை அரசு அறிவிக்க வேண்டும். இன்று வங்கி வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை இந்த வகையைச் சேர்ந்தவை. வீட்டில் கடனாளியே குடியிருக்கிறார். பத்திரம் மட்டும் வங்கியில் இருக்கிறது. வீட்டை விட்டு வெளியேற வேண்டியதில்லை என்பது பெரிய நன்மை. ஆனால் ஒத்தியில் கண்முன் நின்ற விலை இங்கே காகிதக் கணக்காக மாறியது.

அந்தக் கணக்குக்கு எல்லை வேண்டும் என்ற எண்ணமும் பழையதுதான். ஒரே வேளையில் வசூலிக்கும் வட்டி, அசலைத் தாண்டக் கூடாது என்பது தருமசாஸ்திர விதி. தாம்துபத் எனப்படும் இந்த விதியைப் பம்பாய் மாகாணத்திலும் கல்கத்தா நகரிலும் ஆங்கிலேயர் கால நீதிமன்றங்கள் ஏற்றன. சென்னை மாகாணத்தில் அது செல்லவில்லை. 1855-இல் வட்டி உச்சவரம்புச் சட்டங்கள் நீக்கப்பட்டு, இரு தரப்பும் ஒப்புக்கொண்ட வட்டி எதுவானாலும் நீதிமன்றம் அதை வசூலித்துத் தரும் நிலை ஏற்பட்டது. கொடுவட்டிக் கடன்களை நீதிமன்றம் மறுபரிசீலனை செய்ய இடமளித்த சட்டம் 1918-இல்தான் வந்தது. 1930-களின் பொருளாதாரப் பெருமந்தத்தில் விளைபொருள் விலை சரிந்து கடன் கழுத்தை நெரித்தபோது, ராஜாஜியின் அமைச்சரவை 1938-இல் சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தைக் கொண்டுவந்தது. 1932 அக்டோபர் 1-க்கு முன் வாங்கிய கடனுக்கு, அசலாகவும் வட்டியாகவும் சேர்த்து அசலைப் போல இருமடங்கு கட்டியிருந்தால் கடன் முழுவதும் தீர்ந்ததாகும் என்று அது விதித்தது. கட்டிய மொத்தத் தொகையை எண்ணிப் பார்த்த சட்டம் அது. கடனின் விலையை அளக்க அது நேரான ஓர் அளவுகோல்.

நகரத்து நடுத்தரக் குடும்பங்களுக்கு வழிகாட்டியவை நிதிகள். உறுப்பினர்கள் மாதந்தோறும் சந்தா கட்டி, சேர்ந்த தொகையிலிருந்து வீட்டையும் நகையையும் ஈடாக வைத்துக் கடன் பெறும் அமைப்பு இது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவிலிருந்து சென்னை மாகாணத்தில் இது வேரூன்றியது. 1872-இல் தொடங்கிய மயிலாப்பூர் இந்து பெர்மனென்ட் ஃபண்ட் இன்றும் இயங்குகிறது. சிறுகச் சிறுகக் கட்டி அடைக்கும் பழக்கம் தமிழ்நாட்டு நடுத்தர வீடுகளில் ஊன்றியதில் நிதிகளின் பங்கு பெரிது. 1904-ஆம் ஆண்டின் கூட்டுறவுச் சட்டத்துக்குப் பின் கூட்டுறவுச் சங்கங்களும் அந்த வழியில் வந்தன.

இன்றைய மாதத் தவணை முறை உலகெங்கும் பரவ அமெரிக்கா முக்கியக் காரணம். 1930-களுக்கு முன் அங்கே வீட்டுக் கடன் பெரும்பாலும் சில ஆண்டுக் கடன்தான். வட்டியை மட்டும் கட்டிவந்து, கெடு முடிவில் அசலை மொத்தமாகத் திருப்ப வேண்டும். பெருமந்தத்தில் அந்த அமைப்பு நொறுங்கி லட்சக்கணக்கான வீடுகள் பறிபோயின. 1933, 1934-இல் உருவான அரசு அமைப்புகள், வட்டியும் அசலும் கலந்த ஒரே அளவுத் தவணையில் நீண்ட காலம் அடைக்கும் கடனைப் பொதுவழக்காக்கின. இந்தியாவில், வீட்டுவசதிக்குக் கடன் தரும் ஹட்கோ 1970-இல் அரசு நிறுவனமாகத் தொடங்கியது. வீட்டுக் கடனையே தொழிலாகக் கொண்ட தனியார் நிறுவனமாக எச்.டி.எஃப்.சி.யை எச்.டி. பாரேக் 1977-இல் பம்பாயில் நிறுவினார். பணி ஓய்வுத் தொகை வந்த பிறகே வீடு என்றிருந்த சம்பளக்காரருக்கு இளவயதிலேயே வீடு கிடைக்க அது வழிதிறந்தது. 1988-இல் தேசிய வீட்டுவசதி வங்கி இத்துறையின் மேற்பார்வைக்கு வந்தது.

இந்தத் தவணையின் உள்கணக்கைப் பார்த்தால்தான் விலை புரியும். ஒவ்வொரு மாதமும் மீதமுள்ள அசலுக்கு முதலில் வட்டி கழியும். எஞ்சியதே அசலில் கழியும். ரூ.30 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டு என்று கொண்டால் தவணை சுமார் ரூ.26,035. முதல் மாதத் தவணையில் ரூ.21,250 வட்டிக்கே போகிறது. அசலில் குறைவது ரூ.4,785 மட்டும். ஐந்து ஆண்டுகளில் ரூ.15.62 லட்சம் கட்டியிருப்பார். அசல் குறைந்திருப்பதோ ரூ.3.56 லட்சம். அசலில் பாதி தீர ஏறத்தாழ 13 ஆண்டு 10 மாதம் ஆகிறது. கடைசித் தவணை முடியும்போது கட்டிய மொத்தம் ரூ.62.48 லட்சம். இது அசலின் இருமடங்கைத் தாண்டிய தொகை. 1938-ஆம் ஆண்டுச் சட்டத்தின் அளவுகோல் இதற்குப் பொருந்தியிருந்தால் கடைசி ஒன்பது தவணைகள் கட்ட வேண்டியிருக்காது. அந்தச் சட்டம் பழைய விவசாயக் கடன்களுக்கு உரியது. வங்கிக் கடனின் வட்டி விகிதமும் கந்துவட்டிக்கு எவ்வளவோ கீழே. ஆனாலும் காலம் நீளும்போது குறைந்த வட்டியே எவ்வளவு பெரிதாகிறது என்பதை இந்த ஒப்பீடு காட்டுகிறது.

விகிதத்தைவிடக் காலமே பல வேளைகளில் கனமானது. அதே கடனை 15 ஆண்டில் அடைத்தால் தவணை ரூ.29,542, மொத்த வட்டி ரூ.23.18 லட்சம். 30 ஆண்டாக நீட்டினால் தவணை ரூ.23,067-ஆகக் குறையும், மொத்த வட்டியோ ரூ.53.04 லட்சமாக ஏறும். 20 ஆண்டை 30 ஆக்குவதால் மாதம் மிச்சமாவது மூவாயிரத்துக்கும் குறைவு, கூடுதல் வட்டி ரூ.20.56 லட்சம். முன்கூட்டி அடைப்பதன் பலனும் இதே கணக்கில் இருக்கிறது. 20 ஆண்டுக் கடனில் முதல் ஆண்டு முடிவில் ரூ.1 லட்சம் கூடுதலாகக் கட்டி, தவணையை மாற்றாமல் தொடர்ந்தால் ஏறத்தாழ 18 தவணைகள் குறைகின்றன, அதாவது ரூ.4.7 லட்சம் கட்ட வேண்டியதில்லை. பதினைந்தாம் ஆண்டில் அதே ஒரு லட்சத்துக்கு இந்தப் பலன் இல்லை.

வட்டி விகிதம் ஒன்றாகவே இருந்தாலும் கணக்கிடும் முறையால் விலை மாறியதுண்டு. வீட்டுக் கடன் நிறுவனங்கள் பல முன்பு ஆண்டுக்கொருமுறை மட்டுமே அசலைக் குறைத்தன. மாதந்தோறும் கட்டிய பணம் அந்த ஆண்டு முடியும்வரை அசலிலிருந்து கழியாது. 12 சதவீதம், 15 ஆண்டு என்றால் ஒரு லட்சத்துக்கு மாதக் குறைப்பில் தவணை ரூ.1,200, ஆண்டுக் குறைப்பில் ரூ.1,224. விளம்பரத்தில் இரண்டும் 12 சதவீதம்தான்.

1994-இல் ரூ.2 லட்சத்துக்கு மேற்பட்ட கடன்களின் வட்டியை வங்கிகளே தீர்மானிக்க ரிசர்வ் வங்கி அனுமதித்தது. அடுத்த பத்தாண்டில் மாறும் வட்டி பரவலானது. எந்த விகிதத்தோடு சேர்ந்து மாறுவது என்ற கேள்விக்கு அடுத்தடுத்து விடைகள் வந்தன: 2003-இல் அளவுகோல் முதன்மைக் கடன் விகிதம், 2010 ஜூலையில் அடிப்படை விகிதம், 2016 ஏப்ரலில் வங்கி புதிதாக நிதி திரட்டும் செலவைக் கொண்டு கணக்கிடும் எம்.சி.எல்.ஆர். ஒவ்வொன்றும் முந்தையதன் குறையைத் தீர்க்க வந்ததுதான். ரிசர்வ் வங்கி விகிதத்தை ஏற்றினால் கடன் வட்டி விரைந்து ஏறுவதும், இறக்கினால் மெதுவாக இறங்குவதும் மட்டும் மாறவில்லை. புதிதாக வருபவருக்குக் குறைந்த வட்டியும் பழைய கடனாளிக்குக் கூடுதல் வட்டியும் ஒரே வங்கியில் நிலவின. 2009-இல் தொடக்க ஆண்டுகளுக்கு மட்டும் குறைந்த வட்டி தரும் கடன்கள் பெருகின. 2010-இல் ரிசர்வ் வங்கி அத்தகைய கடன்களுக்கு வங்கிகள் ஒதுக்க வேண்டிய தொகையை உயர்த்தியது. வங்கிகள் தம் உள்விகிதங்களைக் கணக்கிடும் முறையில் இருந்த குறைகளை ரிசர்வ் வங்கியின் ஆய்வுக் குழுவே 2017-இல் எடுத்துக்காட்டிய பின், 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகளின் மாறும் வட்டிப் புதிய வீட்டுக் கடன்கள், ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் ரெப்போ விகிதம் போன்ற வெளி விகிதத்துடன் இணைக்கப்பட்டன.

இதனால் ஒளிவு நீங்கியது, வேகம் கூடியது. 2020 மே மாதம் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2022 மே தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆனது. 7 சதவீதத்தில் ரூ.30 லட்சம் கடன் வாங்கி ஓர் ஆண்டு கட்டியவரின் தவணை ரூ.23,259. அவர் வட்டி 9.5 ஆகி, தவணையை ஏற்றாமல் காலத்தை மட்டும் நீட்டினால், மாத வட்டியே ரூ.23,185 ஆகிவிடும். அசலில் கழிவது நூறு ரூபாய்க்கும் குறைவு. கடன் தீர 60 ஆண்டுக்கு மேலாகும். தவணை மாறவில்லையே என்று நிம்மதியாக இருந்த பலருக்கு ஓய்வு வயதைத் தாண்டிக் கடன் நீண்டது இப்படித்தான்.

மொத்தத் தொகை மட்டுமே உண்மை விலை என்பதும் சரியன்று. ஆண்டுக்கு 5 சதவீதம் விலைவாசி ஏறினால், இருபதாம் ஆண்டின் முடிவில் கட்டும் ரூ.26,035 இன்றைய மதிப்பில் ரூ.10,000-க்கும் குறைவு. மிச்சமாகும் வாடகையும் கணக்கில் வர வேண்டும். வருமான வரியில், குடியிருக்கும் வீட்டுக் கடன் வட்டிக்கு 2014 முதல் ஆண்டுக்கு ரூ.2 லட்சம்வரை கழிவு உண்டு; புதிய வரி முறையைத் தேர்ந்தவருக்கு அது இல்லை. மறுபக்கம் பரிசீலனைக் கட்டணம், கடனோடு சேர்த்துத் தலையில் கட்டப்படும் காப்பீடு, பத்திர ஒப்படைப்பைப் பதிவுசெய்யும் முத்திரைக் கட்டணம் ஆகியவை விலையில் ஏறுகின்றன. காப்பீட்டுத் தொகையைக் கடனிலேயே சேர்த்துவிட்டால் அதற்கும் 20 ஆண்டு வட்டி உண்டு.

கடனாளி பக்கம் நின்ற விதிகள் காலம் தாழ்த்தியே வந்தன. மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் அபராதம் வாங்குவது 2012-இல் தடைசெய்யப்பட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, நிலையான வட்டிக்கு மாறுவதா என்று கடனாளியைக் கேட்க வேண்டும் என 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஆணையிட்டது. காலாண்டுதோறும் வசூலான அசல், வட்டி, மீதமுள்ள தவணை எண்ணிக்கை ஆகியவற்றைத் தெரிவிப்பதும் கட்டாயமானது. 2024 அக்டோபர் 1 முதல் புதிய கடன்களுக்கு, எல்லாக் கட்டணமும் சேர்ந்த ஆண்டு விகிதத்தையும் மாதவாரி அட்டவணையையும் கொண்ட முக்கிய விவரக் குறிப்பைக் கையெழுத்துக்கு முன்பே தர வேண்டும். கடன் வாங்குவோர் அதைக் கேட்டு வாங்கி, தவணைத் தொகைக்கு முன் மொத்த வட்டி எவ்வளவு என்பதைப் படிக்க வேண்டும்.

கடன் தீர்ந்த 30 நாளுக்குள் பத்திரங்களைத் திருப்பித் தராத நிறுவனம், தாமதம் அதனுடையதானால், நாளொன்றுக்கு ரூ.5,000 கொடுக்க வேண்டும் என்ற விதி 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. தமிழ்நாட்டில் பத்திரம் கைக்கு வந்தால் மட்டும் போதாது. ஒப்படைப்பு ஆவணம் பதிவாகியிருந்தால், கடன் தீர்ந்ததற்கான ரசீதையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவுசெய்ய வேண்டும். இல்லையேல் வில்லங்கச் சான்றில் அந்த வீடு இன்னும் அடமானத்தில் இருப்பதாகவே காட்டும்.