வானில் இல்லாத இரண்டு கோள்கள்

தென்னேரியிலும், அதைச் சுற்றியுள்ள உத்திரமேரூர், வாலாஜாபாத் பகுதி ஊர்களிலும், திங்கட்கிழமை காலை ஏழரையிலிருந்து ஒன்பது மணிவரை புதுக் காரியம் எதையும் பலர் தொடங்குவதில்லை. வெள்ளிக்கிழமை என்றால் பத்தரையிலிருந்து பன்னிரண்டு வரை. அந்த ஒன்றரை மணி நேரத்துக்கு அதிபதியான ராகுவை வானத்தில் எவரும் கண்டதில்லை. அதன் இணையான கேதுவுக்கும் உருவமில்லை. நவக்கிரகங்களில் ஏழுக்குக் கிழமை உண்டு, இவ்விரண்டுக்கும் இல்லை. ஆனாலும் கும்பகோணத்தை அடுத்த திருநாகேசுவரத்தில் ராகுவுக்குப் பாலாபிஷேகம் நடக்கிறது. கேது தோஷம் நீங்க வேண்டுவோர் காஞ்சிபுரம் சித்திரகுப்தர் கோயிலுக்குப் போகிறார்கள். இல்லாத ஒன்றுக்கு இத்தனை மரியாதையா, இது வெறும் அறியாமைதானே என்று கேட்பது எளிது. ஆனால் சான்றுகளை வரிசையாக வைத்துப் பார்த்தால், இந்தக் கோள்களை நிலைநிறுத்தியதில் அச்சத்தைவிடக் கணக்குக்கே பெரிய பங்கு என்று தெரிகிறது.

தமிழில் நமக்குக் கிடைக்கும் பழைய தடயம் கோள் அல்ல, பாம்பு. குறுந்தொகையில் பாம்பு விழுங்கும் மதி உவமையாக வருகிறது. காதலரைக் கண்டது ஒரு நாள்தான், ஊரார் பேச்சோ திங்களைப் பாம்பு பிடித்த செய்திபோல எங்கும் பரவிவிட்டது என்கிறாள் திருக்குறளின் தலைவி. கிரகணம் என்பது ஊரே அண்ணாந்து பார்த்துப் பேசிக்கொண்ட நிகழ்ச்சி என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி வேண்டியதில்லை. அந்தப் பாம்புக்கு அங்கே ராசியும் இல்லை, பெயர்ச்சியும் இல்லை. அது வரும், கவ்வும், விட்டுவிடும். எப்போது வரும் என்று முன்கூட்டியே சொல்ல முனைந்தவர்களுக்குத்தான் பாம்பு இருக்கும் இடம் தேவைப்பட்டது.

அந்த இடம் கற்பனையல்ல. சூரியன் செல்வதாகத் தோன்றும் பாதைக்குச் சந்திரனின் பாதை ஏறத்தாழ ஐந்து பாகை சாய்ந்திருக்கிறது. இரண்டும் வெட்டிக்கொள்ளும் இரு புள்ளிகளுக்கு அருகே அமாவாசையோ பௌர்ணமியோ நேர்ந்தால்தான் கிரகணம். ராகு, கேது என்று பெயர் பெற்ற அந்தப் புள்ளிகள் நேர் எதிரெதிராக நிற்கும், மற்றக் கோள்கள் செல்லும் திசைக்கு மாறாகப் பின்னோக்கி நகரும், சுமார் 18.6 ஆண்டுகளில் ஒரு சுற்றை முடிக்கும். அதைப் பன்னிரண்டு ராசிகளுக்குப் பங்கிட்டால் ராசிக்கு ஏறத்தாழ ஒன்றரை ஆண்டு. ஒன்றரை ஆண்டுக்கு ஒருமுறை ராகு கேது பெயர்ச்சி என்று பஞ்சாங்கம் சொல்வது இந்த இயக்கத்தைத்தான். நிழல் கிரகம், எதிர்த்திசையில் சுற்றுவது, ஒன்றுக்கு ஏழாம் இடத்தில் மற்றொன்று என்று ஜோசியம் பார்க்கப் போகிறவர் கேட்டுவரும் ஒவ்வொன்றும் வானியல் உண்மை.

இந்தக் கணக்கு வரலாற்றுக்கும் உதவியிருக்கிறது. முதலாம் ராஜராஜனின் 7ஆம் ஆட்சியாண்டைச் சேர்ந்த திருவல்லம் கல்வெட்டு ஒரு சந்திர கிரகணத்தைக் குறிப்பிடுகிறது. அது 991 செப்டம்பர் 26 என்று கல்வெட்டு அறிஞர் கீல்ஹார்ன் கணித்தது, அவன் ஆட்சி 985இல் தொடங்கியது என்பதற்கு ஓர் ஊன்றுகோல். கிரகண நாளில் தானம் கொடுப்பதைப் புண்ணியமாகக் கருதிய வழக்கம் நமக்குக் காலக்குறிப்பாகக் கிடைத்தது. 18ஆம் நூற்றாண்டில் புதுச்சேரி வந்த பிரெஞ்சு வானியலாளர் லெ ஜாந்தீல், 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணம் நீடித்த நேரத்தில் தமிழர் கணக்கு 41 விநாடிதான் குறைந்தது என்றும், ஐரோப்பாவில் மதிக்கப்பட்ட மேயரின் அட்டவணை 68 விநாடி கூடியது என்றும் எழுதினார். 1825இல் சென்னையில் 'காலசங்கலிதம்' என்ற நூலை வெளியிட்ட ஜான் வாரன், தரையில் சோழிகளைப் பரப்பி, மனப்பாட வாய்பாடுகளைக் கொண்டு கிரகணம் கணித்த ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக்காரரைப் பதிவு செய்திருக்கிறார். ராகு எங்கே நிற்கிறது என்று அறியாமல் அந்தச் சோழிகளில் எதையும் நகர்த்த முடியாது.

கிரகணம் நிழலால்தான் நேர்கிறது என்று 499இலேயே ஆரியபட்டர் சொல்லிவிட்டாரே, பிறகும் பாம்பை வைத்துக்கொண்டது மூடத்தனம் இல்லையா என்று கேட்கலாம். 628இல் பிரம்மகுப்தர், ராகுவை மறுப்பவர்களைச் சாடிக்கொண்டே, தம் கணிதத்தை நிழலைக் கொண்டுதான் நடத்தினார். இதில் சமரசம் உண்டு. அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் நிழல் என்று தெரிந்த பிறகும் நிழல் எப்போது விழும் என்ற கேள்வி நிற்கிறது. அதற்கு வெட்டுப்புள்ளி வேண்டும், புள்ளிக்கு ஒரு பெயர் வேண்டும். பாம்பைத் துரத்திய பிறகும் பெயர் நீடித்தது அதனால்தான்.

இதைவிடக் கனமான மறுப்பு ராகு காலம். பகலை எட்டாகப் பிரித்து, கிழமைக்கு ஒரு பங்கை ஒதுக்கும் அந்த ஏற்பாட்டுக்கும் வானத்துப் புள்ளிக்கும் எந்தத் தொடர்பும் கிடையாது. ராகு எந்த ராசியில் நின்றாலும் திங்கட்கிழமை ஏழரை மணி மாறுவதில்லை. கிரகணத்தன்று கர்ப்பிணியை இருட்டறையில் அடைப்பதும், நல்ல நேரம் பார்த்து மருத்துவத்தைத் தள்ளிப்போடுவதும் கணக்கைக் கைவிட்டுப் பெயரை மட்டும் பிடித்துக்கொண்டதன் விளைவு. இங்கே கண்டிப்பு அவசியம்.

ஆகவே ராகுவை முழுவதுமாகப் போற்றுவதும் முழுவதுமாகத் தள்ளுவதும் ஒரே தவறின் இரு பக்கங்கள். பெயர்ச்சி என்பது கணிதம், ராகு காலம் என்பது பழக்கம் என்று பிரித்துச் சொல்லக் கற்றுக்கொள்ள வேண்டும். கிராமப் பள்ளியில் கிரகணப் பாடம் நடத்தும்போது, பூமியின் நிழலைப் படம் வரைந்து காட்டும் ஆசிரியர், நாட்காட்டித் தாளில் உள்ள ராகு கேது பெயர்ச்சியையும் எடுத்து அந்த இரு புள்ளிகளைக் குறித்துக் காட்டலாம். அப்போது பிள்ளைகளுக்கு அச்சமும் போகும், தங்கள் முன்னோர் எதைக் கணக்கிட்டார்கள் என்பதும் தெரியவரும்.