ஐனோ: ஒரு பின்லாந்துப் பெயரின் சமூக வரலாறு

ஆட்பெயர்களின் பொருளை ஆராய்வோர் பெரும்பாலும் அகராதியுடன் நின்றுவிடுகின்றனர். இன்ன பெயர்க்கு இன்ன வேர், அவ்வேர்க்கு இன்ன பொருள் என்ற அளவில் அவர்களது ஆராய்ச்சி முற்றுப்பெறுகின்றது. அப்பெயரை யார் யார்க்கு இட்டனர், எக்காலத்தில் இட்டனர், எந்த வர்க்கத்தினர் முதலில் அதனை விரும்பினர் என்னும் வினாக்கள் எழுப்பப்படுவது அரிது. பின்லாந்து நாட்டிலே பெண்களுக்கு வழங்கும் ‘ஐனோ’ என்னும் பெயர் இவ்வினாக்களை எழுப்புவதற்கு மிகப் பொருத்தமானது. அந்நாட்டவர் பலரின் உள்ளத்தில் அது தொன்மை வாய்ந்த பெயராகவே பதிந்துள்ளது. கலேவலா காவியத்தின் கன்னியொருத்தி தாங்கிய பெயராதலின், அது கிறித்தவத்திற்கு முற்பட்ட காலத்தது என எண்ணுவது இயல்பே. ஆயின், 1849ஆம் ஆண்டில் வெளிவந்த ஒரு நூலிலேதான் அச்சொல் ஆட்பெயராக உருப்பெற்றது. தொன்மையெனக் கொள்ளப்படும் ஒன்று பத்தொன்பதாம் நூற்றாண்டின் ஆக்கமாக இருத்தல் எங்ஙனம் நேர்ந்தது என்பதே இங்கு நோக்கப்படுவது.

பின்னிய மொழியில் ‘ஐனோஆ’ என்னும் சொல் ‘ஒரே’, ‘ஒன்றேயான’ எனப் பொருள்படும் பெயரடை. ‘ஐனோ’ என்பது பாடல் வழக்கில் நின்ற அதன் குறுவடிவம். வாய்மொழிப் பாடகர்கள் அதனைத் தனிப்பெயராகக் கையாளவில்லை. மகள், கன்னி, சகோதரி ஆகிய சொற்களுக்கு முன்னே ‘ஒரே மகள்’, ‘ஒரே சகோதரி’ என அடைமொழியாகவே அது வழங்கிற்று. ஓரடியிற் கூறியதை அடுத்த அடியில் வேறு சொற்களாற் கூறிச் செல்வது இப்பாடல்களின் அடிப்படை அமைப்பு. முதலடியில் ஒருத்தியின் பெயர் வருமாயின், அடுத்த பாதியில் அவளைச் சுட்டும் அடைமொழித் தொடர் வரும். எழுத்தின் துணையின்றி நினைவிலிருந்து பாடும் பாடகனுக்கு இத்தகைய வாய்பாடுகள் கைவினைஞனின் கருவிகள் போன்றவை. வீரயுகப் பாடல்களிலே அடைமொழிகளும் வாய்பாடுகளும் வகிக்கும் இடத்தைப் பேராசிரியர் கைலாசபதியின் ஆய்வு வழியாக அறிந்த நமக்கு இது விளங்குதற்கு அரியதன்று. அடைமொழியை ஆளாக மாற்றியவர் பாடகர் அல்லர், தொகுப்பாசிரியர்.

அத்தொகுப்பாசிரியர் எலியாஸ் லொன்றொத். 1802ஆம் ஆண்டு சம்மத்தி என்னும் ஊரில் ஓர் ஏழைத் தையற்காரரின் மகனாகப் பிறந்து, மருத்துவம் பயின்று, 1833 முதல் கயானி என்னும் சிற்றூரில் மாவட்ட வைத்தியராகப் பணியாற்றியவர். அங்கிருந்து எல்லை கடந்து ருஷ்யக் கரேலியாவின் கிராமங்களுக்கு நடந்து சென்று பாடல்களைச் சேகரித்தார். 1834இல் லத்வயார்வி என்னும் கிராமத்தில் அவர் சந்தித்த அர்ஹிப்பா பெர்த்துனன் போன்ற குடியானவப் பாடகர்களே கலேவலாவின் உண்மையான ஊற்றுக்கண். 1835இல் வெளிவந்த முதற்பதிப்பு 12,078 அடிகளையும் 32 பாடல்களையும் கொண்டது. 1849இல் வந்த விரிந்த பதிப்பில் 22,795 அடிகளும் 50 பாடல்களும் உள்ளன. முதற்பதிப்பில் யொவுகாஹைனனின் சகோதரிக்குப் பெயரே இல்லை. இரண்டாம் பதிப்பில் அவள் ஐனோ ஆகின்றாள்.

கதை இதுதான். முதிய பாடகனான வைனாமொயினனுடன் இளைஞன் யொவுகாஹைனன் பாட்டுப் போட்டிக்கு நிற்கின்றான், தோற்கின்றான். எதிராளியின் மந்திரப் பாட்டினாற் சேற்றில் அமிழும் வேளையில், தன்னுயிர்க்கு ஈடாகத் தன் சகோதரியைத் தருவதாக வாக்களிக்கின்றான். தாய் மகிழ்ச்சியடைகின்றாள், அத்தகைய பெருவீரன் மருமகனாக வாய்ப்பது அரிதல்லவா! மகளோ அழுகின்றாள். நீராவிக் குளியலுக்கு வேண்டிய பேர்ச் மரக் கொத்துக்களை ஒடிக்கச் சென்றவிடத்து முதியவன் அவளைக் கண்டு உரிமை கொண்டாட, அணிகளைக் கழற்றி எறிந்துவிட்டு வீடு திரும்புகின்றாள். ஈற்றிற் கடலில் மூழ்கி இறக்கின்றாள். தாயின் கண்ணீர் ஆறுகளாகப் பெருகுகின்றது.

இதன் மூலம் யாது? ‘தூக்கிட்டுக்கொண்ட கன்னி’ என ஆய்வாளர் பெயரிட்டு வழங்கும் நாட்டார் கதைப்பாடலே அது. அப்பாடலில் வரும் பெண்ணின் பெயர் அன்னி. ‘அன்னா’ என்னும் கிறித்தவப் பெயரின் குடியானவ வடிவம் அது. அவளும் கொத்தொடிக்கத் தோப்புக்குச் செல்கின்றாள். அங்கு ஓர் ஆடவன் அவளைத் தனக்கென உரிமை பேசுகின்றான். அவளும் அணிகளைக் களைகின்றாள். தாய் அவளைப் பண்டகசாலைக்குச் சென்று நல்லாடை உடுத்திக்கொள்ளுமாறு கூற, அங்கே அவள் தூக்கிட்டுக்கொள்கின்றாள். வைனாமொயினனும் இல்லை, பாட்டுப் போட்டியும் இல்லை. மணம் என்பது குடும்பங்களிடையே நிகழும் கொடுக்கல் வாங்கலாக இருந்த ஒரு சமுதாயத்தில், கொடுக்கப்படும் பொருளாகிய பெண்ணின் குரலே அப்பாடல். இவ்வகைக் கதைப்பாடல்களைப் பேணி வந்தோர் பெரிதும் பெண்களே என்பதும் மனங்கொளத்தக்கது.

லொன்றொத் இப்பாடலைக் காவியத்துள் இணைத்தபொழுது மூன்று மாற்றங்களைச் செய்தார். பெண்களின் கதைப்பாடலை ஆடவரின் வீரப்பாடலுடன் பிணைத்தார், கயிற்றை நீக்கிக் கடலை வைத்தார், அன்னியை ஐனோவாக்கினார். மூன்றாவது மாற்றம் சிறிதெனத் தோன்றும். ஆயின், முன்னிரண்டையும் நிலைநிறுத்துவது அதுவே. அன்னி என்ற பெயர் எந்தக் குடியானவன் வீட்டிலும் கேட்கக்கூடியது. தேவாலயத்திலே ஞானஸ்நானத்தின்போது இடப்பட்ட பெயரின் மருஉ. புராதன தேசத்தின் காவியத்திற்கு அத்தகைய கதாநாயகி பொருந்தாள். ‘ஒரே ஒருத்தி’ எனப் பொருள் தரும் அடைமொழியோ எந்த வீட்டுக்கும் உரியதன்று. எல்லாக் காலத்துக்கும் உரியது போன்ற தோற்றம் தருவது. தூக்குக் கயிற்றில் தொங்கும் உடல் குற்றஞ் சாட்டும். நீரில் மறையும் உடல் துயரம் மட்டும் விளைவிக்கும். கடலில் அவள் வேண்டுமென்றே மூழ்கினாளா, ஏறி அமர்ந்த பாறை அமிழ்ந்ததால் மூழ்கினாளா என்பதைக் கூடக் காவியம் தெளிவாக்குவதில்லை. லொன்றொத் மோசடி செய்தார் என்பது எமது கருத்தன்று. தாம் செய்தவற்றை அவர் மறைக்கவில்லை. ஏட்டுச் சேகரங்களையும் பேணி வைத்தார். அவரது காலத்தின் கருத்துநிலை அவரது கைவழியே தொழிற்பட்டது என்பதே நாம் கூறவேண்டுவது.

அக்காலச் சூழ்நிலையைச் சிறிது நோக்குதல் வேண்டும். 1809 வரை சுவீடனின் பகுதியாகவும் அதன்பின் 1917 வரை ருஷ்யப் பேரரசின் கீழமைந்த பெருங்கோமகவாகவும் பின்லாந்து இருந்தது. ஆட்சியாளர் மாறினும் நிர்வாகம், நீதிமன்றம், உயர்கல்வி ஆகியவற்றின் மொழி சுவீடிஷ் மொழியாகவே நீடித்தது. பின்னிய மொழி பெரும்பான்மையினரான குடியானவரின் மொழி. லூதரன் மதகுருமார் தேவாலயப் பதிவேடுகளைச் சுவீடிஷ் மொழியில் எழுதினர். வீட்டில் யூஹோ என்றோ யுஸ்ஸி என்றோ அழைக்கப்பட்டவன் ஏட்டில் யோஹான். உழுபவனின் பெயர் அவனது வாயில் ஒன்றாகவும் அதிகாரத்தின் தாளில் வேறொன்றாகவும் இருந்தது. தன் பெயரை எழுதப்பட்டவாறு தானே கூறாத ஒரு வர்க்கத்தைக் கற்பனை செய்துகொள்க.

இந்நிலையிற் பின்னிய மொழி இயக்கம் எழுந்தது. 1831இல் பின்னிய இலக்கியக் கழகம் நிறுவப்பட்டது. 1863இல் இரண்டாம் அலெக்சாந்தர் பிறப்பித்த ஆணை, இருபதாண்டுகளுள் பின்னிய மொழிக்குச் சுவீடிஷ் மொழியோடு ஒத்த தகுதி வழங்க வழிசெய்தது. இயக்கத்தின் சிந்தனையாளர் ஜே. வி. ஸ்னெல்மன், ஹெகலிய மெய்யியலாளர். குடியானவரின் மொழியே தேசத்தின் ஆன்மா என வாதித்தவர் அவர். அவரே 1860களில் அரசின் நிதிப்பொறுப்பையும் வகித்தார். 1866 முதல் 1868 வரை நிலவிய கொடும்பஞ்சத்திலே நாட்டு மக்களில் ஏறத்தாழ நூற்றுக்கு எட்டுப் பேர் மாண்டனர். அவ்வேளையிற் பணப்பெறுமதியின் நிலைப்பாட்டைக் காப்பதற்கு அவர் காட்டிய உறுதி இன்றளவும் விவாதத்துக்குரியது. உழவனின் சொல்லைப் போற்றியவர்கள் உழவனின் வயிற்றை எவ்வாறு நோக்கினர் என்ற வினாவைத் தவிர்த்துவிட்டு இவ்வியக்கத்தின் வரலாற்றை எழுத முடியாது.

பெயர்களின் வரலாறும் இவ்வுண்மையையே காட்டுகின்றது. ஐனோ என்னும் பெயரைத் தாங்கிய முதற்றலைமுறையினருள் அறியப்பட்ட சிலரைப் பார்ப்போம். 1871இல் பிறந்த ஐனோ யார்னெபெல்த், பின்னர் இசையமைப்பாளர் ஜோன் சிபேலியுஸின் மனைவியானவர். அவரது தந்தை ருஷ்யப் படையில் ஜெனரலாகவும் மாகாண ஆளுநராகவும் விளங்கியவர். தாய் பால்டிக் ஜேர்மானியப் பிரபுக் குலத்தவர். 1878இல் பிறந்த எழுத்தாளர் ஐனோ கல்லாஸின் தந்தை யூலியுஸ் குரோன், நாட்டார் பாடல் ஆராய்ச்சியின் முன்னோடிகளுள் ஒருவர். வீபூரி நகரத்து ஜேர்மன் மொழி பேசும் குடும்பத்திலே பிறந்து, பின்னிய மொழிக்குத் தம்மை ஒப்புக்கொடுத்து, ‘சுவொனியோ’ என்னும் புனைபெயரில் அம்மொழியிற் கவிதையும் எழுதியவர். ஆக, தொடக்கத்தில் ஐனோக்கள் தொட்டிலிடப்பட்ட வீடுகளுள் முக்கியமானவை பின்னிய மொழியை மரபுரிமையாகப் பெற்ற குடிசைகள் அல்ல. அதனைக் கொள்கையாக ஏற்ற மாளிகைகளும் புலமைக் குடும்பங்களும் ஆகும். பெற்றோர் முயன்று கற்ற மொழி பிள்ளையின் பெயராயிற்று. இதனை ஏளனஞ் செய்தல் தகாது. தம் பிறப்பு வழங்கிய மொழிச் சலுகையைத் தாமே துறந்தவர்கள் அவர்கள். ஏனைய சலுகைகளைத் துறந்தனரா என்பது வேறு வினா.

ஓவியம் இப்பெயரை மேலும் பரப்பிற்று. 1889இல் பாரிசிலும், மீண்டும் 1891இலும் ஐனோவின் கதையை மூன்று பலகங்களாக வரைந்தார் ஓர் இளம் ஓவியர். நடுப்பலகத்திலே, மீனுருவாகி முதியவனின் பிடியிலிருந்து வழுவி நீரிற் பாய்ந்து செல்கின்றாள் அவள். அப்பொழுது அவ்வோவியரின் பெயர் அக்சேல் கல்லேன். 1907இல் அவர் அக்செலி கல்லேன்-கல்லேலா ஆனார். அவ்வாறு மாறியவர் அவர் மட்டுமல்லர். 1906 மே 12ஆம் நாள் ஸ்னெல்மன் பிறந்த நூற்றாண்டு நினைவை ஒட்டி, சுவீடிஷ் குடும்பப்பெயர்களைப் பின்னியமாக்கும் பேரலை எழுந்தது. பல்லாயிரம் பேர் பெயர் மாற்றினர். பிற்காலத்தில் அல்வார் ஆல்தோவை மணந்து கட்டடக் கலைஞராகப் புகழ்பெற்ற ஐனோவின் குடும்பம் மண்டெலின் என்பதை நீத்து மர்சியோ ஆனது அவ்வாண்டிலேயே. 1908ஆம் ஆண்டின் பஞ்சாங்கத்திலே பெயர்நாள் பட்டியல் பெரிதும் திருத்தியமைக்கப்பட்டுப் பின்னியப் பெயர்களுக்கு இடமளிக்கப்பட்டது. புனிதர்களின் நாட்களை வரிசைப்படுத்திய அதே ஏட்டிலே காவியப் பெயர்களும் இடம்பெறலாயின. இன்று மே 10 ஐனோவின் பெயர்நாள்.

மேலிருந்து கீழிறங்கிய பெயர் கீழே என்னவாயிற்று என்பதே எமக்கு முதன்மையானது. தொழிலாளர் இப்பெயர்களை எசமானரின் பழைய ஆடைபோல ஏற்றுக்கொண்டனர் என்று கொள்வது தவறு. வைனாமொயினனின் பெயரிலிருந்து சுருங்கிய ‘வைனோ’ என்னும் ஆண்பெயரை எடுத்துக்கொள்வோம். 1881இலே ஒரு ரயில்வேத் தொழிலாளியின் மகனுக்கு அப்பெயர் இடப்பட்டது. அவரே பின்னர் சமூக ஜனநாயகக் கட்சியின் தலைவராகிப் பிரதமருமான வைனோ தன்னர். பருத்தி ஆலையில் வேலை செய்துகொண்டே நாவல் எழுதிய வைனோ லின்னா பிறந்தது 1920இல். தம் மொழியை மேட்டுக்குடியினர் ‘கண்டுபிடித்த’பொழுது, அதனைத் தமதேயென மீட்டுக்கொள்ளும் உரிமை பாட்டாளிகளுக்கு இருந்தது. 1906இல் பெண்களுக்கு முழு அரசியல் உரிமை கிடைத்தது. 1907இல் தெரிவான 200 பிரதிநிதிகளுள் 19 பேர் பெண்கள். அவ்வாண்டுகளிற் பிறந்த பெண்குழந்தைகளுக்கு மிக விரும்பி இடப்பட்ட பெயர்களுள் ஐனோவும் ஒன்று.

பொதுப்பெயர் வர்க்கங்களை ஒன்றாக்கிவிடவில்லை. 1918ஆம் ஆண்டின் உள்நாட்டுப் போரிலே வெள்ளையர் தரப்பிலும் செம்படைத் தரப்பிலும் காவியப் பெயர்களைத் தாங்கியோர் இருந்தனர். போரின்பின் சிறைமுகாம்களில் ஏறத்தாழ 12,000 செம்படைக் கைதிகள் பசியாலும் நோயாலும் இறந்தனர். புராதனத் தாயகம் ஒன்றே என்ற பேச்சு அவர்களுக்கு உணவாகவில்லை. மறுதரப்பின் வரலாற்றையும் நாம் கூறாது விடலாகாது. கம்யூனிஸ்ட் அகிலத்திற் பணியாற்றிய ஐனோ குசினன், அகிலத்தின் தலைவர்களுள் ஒருவரான ஒட்டோ வில்லே குசினனின் மனைவி. 1938இல் மொஸ்கோவிலே கைதாகி நீண்ட ஆண்டுகளைச் சிறையிலும் முகாம்களிலும் கழித்தார். கணவரோ கட்சியின் உயர்பீடத்திலேயே இருந்தார். ஈடாக வைக்கப்பட்ட கன்னியின் பெயரைத் தாங்கிய ஒருத்திக்கு நேர்ந்த இதனை எமது அணியினர் நெடுங்காலம் பேசாதிருந்தமை எமக்குப் பெருமை தருவதன்று.

விரும்பாத மணத்தை மறுத்து உயிர்நீத்தவளின் பெயரைப் பெற்றோர் தம் மகளுக்கு இடுவது எவ்வாறு? சிபேலியுஸ் 1904இல் குடியேறிய இல்லத்துக்கு ‘ஐனோலா’ எனப் பெயர். இடத்தைக் குறிக்கும் ‘லா’ விகுதி சேர்ந்து ‘ஐனோவின் இருப்பிடம்’ எனப் பொருள்படுவது. கலேவலா என்பதும் அவ்வாறு அமைந்த சொல்லே. காவியத்தின் ஐனோவுக்குத் தனக்கென ஓர் இருப்பிடம் இருக்கவில்லை. தமையன் வீட்டிலிருந்து கணவன் வீட்டுக்கு மாற்றப்படவே அவள் இருந்தாள். மத்தியதர வர்க்கத்தார் அவளது மரணத்தைத் தூய்மையின் குறியீடாக்கினர். அம்மரணத்துக்குக் காரணமான பேரத்தை மறந்தனர். மறதி இல்லையேல் அப்பெயர் தொட்டிலை அடைந்திராது. ஆயினும் அப்பெயரைத் தாங்கி வளர்ந்த பெண்கள் காவியத்தைத் தாமே படித்தபொழுது, பேரத்தையும் கண்டனர் என்பதில் ஐயமில்லை. ஓவியப்பலகத்தில் நீரிற் பாய்பவள் துயரத்தின் உருவமாகத் தோன்றவில்லை. தப்பிச் செல்பவளாகவே தோன்றுகின்றாள்.

இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியிற் பாட்டிமாரின் பெயராகப் பின்தள்ளப்பட்ட ஐனோ, இருபத்தோராம் நூற்றாண்டின் தொடக்கத்திலே மீண்டும் பெண்குழந்தைகளின் பெயர்களுள் முன்வரிசைக்கு வந்தது. பின்லாந்தில் வாழ்ந்த ஈழத்தவரான உதயணன் 1994இல் கலேவலாவைத் தமிழாக்கியதன் வழி, அவளது கதை நமது மொழியிலும் கிடைக்கின்றது. அன்னியின் கதையோ அத்துணைப் பயணஞ் செய்யவில்லை. 1908 முதல் 1948 வரை 33 பாகங்களாக அச்சேறிய பின்னியத் தொல்பாடல் திரட்டிலே, கிராமந்தோறும் சேகரித்த வேறுபாடங்களிடையே, பண்டகசாலையில் தூக்கிட்டுக்கொண்டவளாக அவள் இருக்கின்றாள்.