ஒரு சொல்லில் அடங்காத விடை

பொது அறிவுப் பரீட்சைகளில் உலக வரலாற்றுக்கு என்றும் ஓரிடம் உண்டு. அமெரிக்காவைக் கண்டுபிடித்தவர் யார்? சுயஸ் கால்வாயை வெட்டியவர் யார்? பிரித்தானியப் பேரரசில் அடிமை முறையை ஒழித்தவர் யார்? வினா ஒரு வரி. விடை ஒரு பெயர். பெயரை எழுதியவனுக்குப் புள்ளி கிடைக்கின்றது. வரலாறு அறிந்தவன் என்ற மதிப்பும் கிடைக்கின்றது. இத்தகைய சோதனை நினைவாற்றலை அளவிடுகின்றது என்பதில் ஐயமில்லை. வரலாற்றறிவை அளவிடுகின்றதா என்பதே கேள்வி. மேற்குறித்த மூன்றாவது வினாவை எடுத்து, அதன் விடையைச் சற்று உரைத்துப் பார்ப்போம்.

வில்லியம் வில்பர்போர்ஸ் என்பது மாணவர் மனனஞ் செய்திருக்கும் விடை. அது முற்றிலும் பொய்யன்று. அடிமை வாணிகத்தைத் தடைசெய்த 1807ஆம் ஆண்டுச் சட்டத்திற்காக அவர் பாராளுமன்றத்தில் ஏறத்தாழ இருபது ஆண்டுகள் வாதாடினார். ஆயினும் அச்சட்டம் ஆட்களைக் கடல் கடந்து விற்பதைத் தடுத்ததேயன்றி, ஏலவே அடிமைகளாய் இருந்தோரை விடுவிக்கவில்லை. விடுதலைச் சட்டம் 1833ஆம் ஆண்டிலேயே நிறைவேறியது. அப்பொழுது வில்பர்போர்ஸ் பாராளுமன்றத்தை விட்டு நீங்கி எட்டு ஆண்டுகள் கழிந்திருந்தன. அரச ஒப்புதல் கிடைக்குமுன்னரே அவர் காலமானார். அப்படியாயின், சட்டத்தை நிறைவேற்றும் நிலைக்கு இலண்டனைத் தள்ளிய விசை எது?

அதனை அறியக் கரிபியன் கடலுக்குச் செல்லுதல் வேண்டும். அங்கே சென் தொமிங்கு என்னும் பிரெஞ்சுக் குடியேற்ற நாட்டில் 1789ஆம் ஆண்டளவில் ஏறத்தாழ ஐந்து இலட்சம் அடிமைகள் கரும்பும் கோப்பியும் விளைவித்தனர். உலகின் கோப்பியிற் பாதியளவு அந்தச் சிறு நிலத்திலிருந்தே வந்தது. 1791ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதத்தில் அந்த அடிமைகள் கிளர்ந்தெழுந்தனர். துசேன் லுவர்த்தூர் என்னும் முன்னாள் அடிமை அவர்களது படைத்தலைவராக உயர்ந்தார். அக்குடியேற்ற நாட்டைக் கைப்பற்றி அடிமை முறையைக் காக்க 1793இல் படையனுப்பியது, பின்னாளில் விடுதலை வழங்கியதாகப் பெருமை பேசிய அதே பிரித்தானியாவாகும். 1798இல் அப்படை பேரிழப்போடு திரும்பியது. நெப்போலியனின் படை 1802இல் வந்தது. துசேன் சிறைப்பிடிக்கப்பட்டு, 1803இல் பிரான்சின் குளிர்மலைக் கோட்டையொன்றில் உயிர் நீத்தார். போர் ஓயவில்லை. 1804 ஜனவரி முதலாந் திகதி தெசாலீன் தலைமையில் ஹெயிற்றி என்ற சுதந்திர நாடு பிறந்தது.

அடிமைகள் தாமே வெல்ல முடியும் என்னும் செய்தி தீவு தீவாகப் பரவியது. 1831ஆம் ஆண்டு நத்தாரின்போது யமேக்காவின் தோட்ட அடிமைகள், கூலி தராவிடிற் கரும்பு வெட்டுவதில்லை என்று வேலைநிறுத்தத்தில் இறங்கினர். அது பெருங்கிளர்ச்சியாக மூண்டது. தலைமை தாங்கிய சாமுவேல் ஷார்ப் 1832 மே மாதத்தில் தூக்கிலிடப்பட்டார். முந்நூறுக்கு மேற்பட்டோர் மரண தண்டனை பெற்றனர். மறு ஆண்டே விடுதலைச் சட்டம் நிறைவேறியது. இங்கிலாந்தின் பொதுமக்கள் இலட்சக்கணக்கிற் கையொப்பமிட்டு அனுப்பிய விண்ணப்பங்களும் இதற்குத் துணை நின்றன. ஆனால் மேலிருந்து வழங்காவிடிற் கீழிருந்து பறிக்கப்படும் என்ற அச்சம், ஆள்வோரின் கருணையைப் பெரிதும் விரைவுபடுத்தியது.

அக்கருணையின் கணக்கையும் பார்த்தல் தகும். நட்டஈடாக இரண்டு கோடிப் பவுண் வழங்கப்பட்டது. அது அன்றைய பிரித்தானிய அரசின் ஓராண்டுச் செலவில் ஏறத்தாழ நூற்றுக்கு நாற்பது பங்கு. அப்பணம் முழுவதும் அடிமைகளை உடைமையாகக் கொண்டிருந்த எசமானர்களுக்கே சென்றது. முதுகு வளைந்து உழைத்தவனுக்கு ஒரு பென்ஸ் தானும் இல்லை. ஆறு வயதுக்கு மேற்பட்டோர் 'பயிலுநர்' என்னும் புதுப் பெயரோடு பழைய எசமானிடமே ஊதியமின்றி உழைக்கும்படி விதிக்கப்பட்டனர். அந்நிலை 1838 வரை நீடித்தது. நட்டஈட்டிற்காகப் பெற்ற கடனின் எச்சம் 2015ஆம் ஆண்டிலேதான் கட்டித் தீர்க்கப்பட்டது. அதாவது, அடிமைகளின் வழித்தோன்றல்களாய்ப் பிரித்தானியாவிற் குடியேறியோரும் தம் முன்னோரின் எசமானர்களுக்கு ஈந்த பணத்திற்கு வரி செலுத்தியுள்ளனர்! ஹெயிற்றியின் கதை இதனினுங் கொடியது. 1825இல் பிரான்ஸ் போர்க்கப்பல்களை நிறுத்திப் பதினைந்து கோடிப் பிராங்கு கேட்டது. தொகை பின்னர் குறைக்கப்பட்ட போதிலும், அதற்காகப் பட்ட கடன் 1947ஆம் ஆண்டு வரை அந்த ஏழை நாட்டை உறிஞ்சியது.

இவை தொலைதூரச் செய்திகள், நமக்கென்ன என்று எண்ணுவார் சிலர். விடுதலைக்குப் பின் மேற்கிந்தியத் தீவுகளின் கோப்பி உற்பத்தி வீழ்ந்தது. அதனால் உண்டான இடைவெளியை இலங்கையின் மலைநாட்டுக் கோப்பி நிரப்பியது. காடழித்துக் கன்று நாட்டத் தென்னிந்தியாவின் வறிய தமிழர் கூட்டங் கூட்டமாய் அழைத்து வரப்பட்டனர். வழிநடையிலும் நோயிலும் மாண்டவர் பலர். யமேக்காவின் கிளர்ச்சிக்கும் மாத்தளை வழியின் புதைகுழிகளுக்கும் இடையே இவ்வாறு ஒரு தொடர் ஓடுகின்றது. அவ்வுழைப்பாளரின் சந்ததியாரிற் பெரும்பாலோரை 1948ஆம் ஆண்டுப் பிரசாவுரிமைச் சட்டம் நாடற்றவராக்கியது.

இன்னுமொன்று உண்டு. 1833ஆம் ஆண்டுச் சட்டம் தமக்குப் பொருந்தாதென அச்சட்டத்திலேயே விலக்கப்பட்ட நாடுகளுள் இலங்கையும் ஒன்று! யாழ்ப்பாணத்துத் தேசவழமை, 1707இல் ஒல்லாந்தர் காலத்தில் தொகுக்கப்பட்டபோது, கோவியர், நளவர், பள்ளர் முதலியோரை அடிமைகள் எனப் பெயர் குறித்து எழுதி வைத்தது. இந்நாட்டில் அடிமை முறை சட்டப்படி நீங்கியது 1844இல். சட்டம் நீங்கியபின்னும் வழக்கம் நீங்கவில்லை. கோயிலிலும் தேநீர்க்கடையிலும் சாதியின் பெயரால் இடம் மறுப்பதைக் குற்றமாக்க 1957இல் ஒரு சட்டம் தேவைப்பட்டது. அதன் பின்னரும், 1968இல் மாவிட்டபுரம் ஆலய வாயிலில் மனிதர் மனிதரை மறித்து நின்றனர். வில்பர்போர்ஸின் பெயரை எழுதிப் புள்ளி பெறும் யாழ்ப்பாணத்து மாணவனுக்கு இச்செய்தியைச் சொல்லாத வரலாற்றுப் பாடம் எத்துணைக் குறையுடையது!

பெயர்களையும் ஆண்டுகளையும் நினைவில் வைத்தல் வேண்டாமென்பது நம் வாதமன்று. அவையின்றி வரலாறு நிற்காது, இக்கட்டுரையும் நின்றிராது. ஆனால் அவை வாயிற்படி. வீடு அதற்கப்பால் உள்ளது. யார் ஒழித்தார் என்று கேட்கும் வினாத்தாள், யார் போராடினர், எவருக்கு நட்டஈடு கிடைத்தது, அதனைச் சுமந்தவர் எவர், விடுதலையின் எல்லைக்கு வெளியே விடப்பட்டோர் எவர் என்றும் கேட்கட்டும். அவ்வினாக்களுக்கு ஒரு சொல்லில் விடை எழுத இயலாது. திருத்தும் ஆசிரியருக்கு வேலை கூடும். எனினும், அத்தகைய வினாவுக்கு விடை தேடிப் பழகிய பிள்ளை, தன் ஊர்க் கிணற்றடியில் ஒருவர் ஏன் ஒதுங்கி நிற்க நேர்ந்தது என்ற கேள்வியையும் ஒருநாள் கேட்கும். அதனை அஞ்சாமல் வரவேற்கும் பள்ளிக்கூடங்களே நமக்கு வேண்டும்.