குத்தகையும் உரிமத்தொகையும்: தூத்துக்குடித் துறைமுக ஏழாம் தள வழக்கு (1998–2021)

பொதுப்பணி ஒப்பந்தங்கள் குறித்த ஆய்வுகள் பெரும்பாலும் சாலை, அணை, பாலம் ஆகியவற்றையே சான்றாகக் கொள்கின்றன. துறைமுகக் கட்டுமானம் ஏனோ அவற்றுள் இடம்பெறுவதில்லை. பணியை முடித்துக் கூலி பெற்றுச் செல்லும் ஒப்பந்ததாரர் ஒருவகை. கட்டியதைத் தாமே இயக்கி, அரசுக்கு ஆண்டுதோறும் தொகை செலுத்துபவர் மற்றொரு வகை. இரண்டாம் வகையில் பிணக்கு எழும்போது அதன் இயல்பு முற்றிலும் வேறாகிறது. தூத்துக்குடியின் ஏழாவது கப்பல் தள வழக்கு அவ்வேறுபாட்டைத் தெளிவாகக் காட்டுகிறது.

தோணிகளை நம்பியிருந்த பழைய துறைமுகத்திற்கு அப்பால், கடலுக்குள் நீண்ட இரு கல் அலைதடுப்புச் சுவர்களுக்கிடையே அமைந்த புதிய துறைமுகம் 1974 ஜூலை 11 அன்று பெருந்துறைமுகமாக அறிவிக்கப்பட்டது. 1979 ஏப்ரல் 1 முதல் பழைய, புதிய துறைமுகங்கள் இரண்டும் ஒரே பொறுப்புக் கழகத்தின்கீழ் வந்தன. தளங்களைக் கழகமே கட்டி, கழகமே இயக்கிய காலம் அது. 1990களின் தாராளமயக் கொள்கை இந்நிலையை மாற்றியது. 1998 ஜூலை 15 அன்று, சிங்கப்பூரின் பி.எஸ்.ஏ. நிறுவனமும் சென்னையின் சிகால் நிறுவனமும் இணைந்து உருவாக்கிய பி.எஸ்.ஏ. சிகால் டெர்மினல்ஸ் நிறுவனத்துடன், ஏழாம் தளத்தைச் சரக்குப்பெட்டக முனையமாக மேம்படுத்தி இயக்குவதற்கான 30 ஆண்டு உரிம ஒப்பந்தம் கையெழுத்தானது. கையாளும் ஒவ்வொரு பெட்டக அலகிற்கும் ஆண்டுக்காண்டு உயரும் உரிமத்தொகையைச் செலுத்த நிறுவனம் உடன்பட்டது.

இவ்வமைப்பு இக்கரைக்குப் புதியதன்று. முத்துக்குளிப்பை அரசு நடத்திய முறைகள் இரண்டு. ஒன்று குத்தகை. குத்தகைதாரர் முன்கூட்டியே ஒரு தொகைக்கு உடன்படுவார்; பாரில் சிப்பி வளமாக இருந்தால் ஆதாயமும் வறண்டால் இழப்பும் அவருடையவை. மற்றொன்று அமானி. அதில் அரசே குளிப்பை நடத்தித் தன் பங்குச் சிப்பிகளை ஆயிரக்கணக்கில் ஏலத்தில் விற்கும்; சந்தையின் ஏற்ற இறக்கம் அரசையும் சாரும். அலகுக்கு இவ்வளவு என்னும் உரிமத்தொகை குத்தகையின் சாயலையும், வருவாய்ப் பங்கு அமானியின் சாயலையும் கொண்டவை எனலாம். ஒப்புமை முழுமையானதன்று, குத்தகைதாரர் தம் முத்துக்கு விலை சொல்ல உரிமை பெற்றிருந்தார். முனைய நிறுவனத்திற்கு அவ்வுரிமை இல்லை. அதன் கட்டணத்தைப் பெருந்துறைமுகங்கள் கட்டண ஆணையமே நிர்ணயித்தது.

பிணக்கின் வேர் இங்குதான் உள்ளது. உயர்ந்த உரிமத்தொகை கேட்டு ஒப்பந்தம் பெற்றவர், அத்தொகையைச் செலவாகக் காட்டினால் அச்சுமை கட்டணத்தின் வழியே வணிகர்மீது இறங்கும். ஆகவே உரிமத்தொகையைச் செலவாக ஏற்பதில்லை என அரசு முடிவெடுத்தது. 2003 ஜூலை 29க்கு முற்பட்ட ஒப்பந்தங்களுக்கு மட்டும், அடுத்த நிலையில் நின்ற ஒப்பந்தப்புள்ளியின் அளவு வரை விலக்களிக்கப்பட்டது. செலுத்த வேண்டிய தொகை ஏறிக்கொண்டே போக, ஈட்டக்கூடிய கட்டணம் கட்டுப்படுத்தப்பட்டதால் நிறுவனம் இழப்பை முன்வைத்து நடுவர் தீர்ப்பாயத்தை அணுகியது.

2014 பிப்ரவரி 14 அன்று தீர்ப்பாயம், உரிமத்தொகை முறையை வருவாய்ப் பங்கு முறையாக மாற்றுமாறு பணித்தது. சென்னைப் பெட்டக முனையம் செலுத்திவந்த 37.128 விழுக்காடு அதற்கு அளவுகோலாயிற்று. தூத்துக்குடி மாவட்ட நீதிமன்றம் இதில் தலையிட மறுத்தது; உயர்நீதிமன்ற மதுரைக் கிளையோ தீர்ப்பை நீக்கியது. 2021 ஜூலை 28 அன்று நீதியரசர்கள் ரோகிண்டன் நாரிமன், பி.ஆர். கவாய் அமர்வு மதுரைக் கிளையின் முடிவை உறுதிசெய்தது. ஒரு தரப்பின் இசைவின்றி ஒப்பந்தத்தைத் திருத்தி எழுதுவது நீதியின் அடிப்படைக் கோட்பாட்டிற்கு முரணானது என்பது அதன் சாரம். சாங்யோங் நிறுவனத்திற்கும் தேசிய நெடுஞ்சாலை ஆணையத்திற்கும் இடையிலான 2019ஆம் ஆண்டு வழக்கின் நெறி இங்கே பின்பற்றப்பட்டது.

நடுவரின் அதிகார எல்லை பற்றிய இம்முடிவு ஏற்கத்தக்கதே. வேறொரு துறைமுகத்தின் விழுக்காட்டை இங்கே பொருத்துவது, தோற்ற போட்டியாளர்களுக்கு இழைக்கும் அநீதியுமாகும்; புதிய நிபந்தனைகள் தொடக்கத்திலேயே இருந்திருப்பின் அவர்களும் வேறு தொகை கேட்டிருப்பர். எனினும், ஒப்பந்தத்தின் ஒரு தரப்பான கழகமும் கட்டணத்தைக் குறைக்கும் ஆணையமும் ஒரே மத்திய அரசின் கொள்கை வரம்புக்குள் இயங்கும்போது, கொள்கை மாற்றத்தின் இழப்பு யாரைச் சாரும் என்னும் வினா நீங்கவில்லை. தீர்வின் வடிவம் தவறு என நீக்கப்பட்டதே தவிர, நிறுவனத்தின் இக்கட்டு கற்பனை என்று அதற்குப் பொருளன்று.

அதே 2021இல் நடைமுறைக்கு வந்த பெருந்துறைமுக ஆணையங்கள் சட்டம், கட்டணம் நிர்ணயிக்கும் பொறுப்பைத் துறைமுக வாரியங்களுக்கு அளித்தது. நெருக்கடியிலுள்ள அரசு-தனியார் கூட்டுத் திட்டங்களை ஆராய்ந்து அவற்றை மீளாய்வு செய்வதற்கான வழிகளைப் பரிந்துரைக்க ஒரு தீர்வு வாரியத்திற்கும் அது இடமளித்தது. நடுவருக்கு மறுக்கப்பட்ட திருத்தம், பரிந்துரை என்னும் வடிவில் சட்டத்திற்குள் நுழைந்துள்ளது.