முன்கண்ணாடியின் மேலே ஒரு நீலப் பட்டை: அது வந்த கதையும் அதற்கு வந்த சட்டங்களும்

ஜப்பானில் இருந்து வரும் ரீகண்டிஷன் கார், வேன் எதையாவது எடுத்துக்கொள்ளுங்கள். பலவற்றில் முன்கண்ணாடியின் மேல் விளிம்பில் நீலமாகவோ பச்சையாகவோ ஒரு பட்டை இருக்கும். மேலே கடுமையாகத் தொடங்கி, கீழே வர வர மங்கி, எங்கே முடிகிறது என்றே தெரியாமல் கண்ணாடியோடு கரைந்துவிடும். நம்மில் பலர் அதை அழகுக்கு வைத்தது என்றுதான் நினைக்கிறோம். அதனால்தான் ஸ்டிக்கர் ஒட்டுகிற இடத்தில் "இன்னும் நாலு அங்குலம் இறக்கினால் வடிவா இருக்கும்" என்றால் உடனே தலையாட்டிவிடுகிறோம்.

அந்தப் பட்டை எவ்வளவு கீழே வரலாம் என்பதைப் பல நாடுகள் அங்குலக் கணக்கில் சட்டமாக எழுதி வைத்திருக்கின்றன. இவ்வளவு சின்ன விஷயத்துக்கு ஏன் சட்டம் என்று தேடிப் போனால் கதை நூறு வருஷத்துக்கு மேல் பின்னால் போகிறது. கொஞ்சம் நீளமான பதிவு. தேத்தண்ணியோடு உட்கார்ந்து வாசியுங்கள்.

முதலில் கண்ணாடியைப் பற்றி இரண்டு வரி. ஆரம்பகாலக் கார்களில் இருந்தது வீட்டு ஜன்னலில் போடுகிற மாதிரியான கண்ணாடிதான். மோதினால் கத்தி கத்தியாக உடைந்து முகத்தில் இறங்கும். 1903இல் எதுவார் பெனெடிக்டஸ் என்ற பிரெஞ்சு இரசாயனவியலாளரின் ஆய்வுகூடத்தில் ஒரு கண்ணாடிக் குடுவை கீழே விழுந்தது. விரிசல் விட்டது, ஆனால் சிதறவில்லை. உள்ளே இருந்த திரவம் காய்ந்து மெல்லிய படலமாக ஒட்டிக்கொண்டு துண்டுகளைப் பிடித்து வைத்திருந்தது. அதிலிருந்து பிறந்ததுதான் இரண்டு கண்ணாடிக்கு நடுவே ஒரு படலத்தை வைத்து ஒட்டும் முறை. 1909இல் அவர் அதற்குக் காப்புரிமை பெற்றார். முதல் உலகப் போரில் நச்சுவாயு முகமூடிகளுக்கு அந்தக் கண்ணாடி போனது. 1920களின் முடிவில் ஃபோர்ட் கம்பனியின் மொடல் ஏ காரின் முன்கண்ணாடியாக வந்தது. நடுவில் உள்ள அந்தப் படலத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். நமது நீலப் பட்டை குடியிருப்பது அதற்குள்தான்.

இனி வீதிக்கு வருவோம். 1914 ஓகஸ்ட் 5ஆம் திகதி அமெரிக்காவின் கிளீவ்லாந்து நகரச் சந்தியில் மின்சாரச் சமிக்ஞை விளக்கு பொருத்தப்பட்டது. அதில் சிவப்பும் பச்சையும் மட்டும்தான். 1920இல் டெட்ரொய்ட் நகரின் பொலிஸ் அதிகாரி வில்லியம் பொட்ஸ், நான்கு பக்கமும் தெரியும் விளக்கில் இடையில் மஞ்சளையும் சேர்த்தார். எல்லோருக்கும் தெரிய வேண்டும் என்பதற்காக விளக்கை உயரத்தில் தொங்கவிட்டார்கள். சிக்கல் அங்கேதான் தொடங்கியது. சூரியனும் மேலே இருந்துதான் கண்ணில் அடிக்கிறது, சமிக்ஞையும் மேலே இருந்துதான் தெரிகிறது. இரண்டுமே முன்கண்ணாடியின் அதே மேல் விளிம்பு வழியாகத்தான் வர வேண்டும். ஒன்றை மறைத்தால் மற்றதும் மறையும்.

1930கள் தொடக்கம் 1950கள் வரை கண்கூச்சத்துக்கு அமெரிக்கர்கள் கண்டுபிடித்த வழி, காருக்குத் தொப்பி போடுவது. முன்கண்ணாடிக்கு வெளியே, மேலே, தகரத்தில் ஒரு மறைப்பு. வெயில் நின்றது. ஆனால் சந்தியில் முன்வரிசையில் நிற்கும் சாரதிக்குச் சமிக்ஞை விளக்கும் தெரியாமல் போனது. அதற்கு என்ன செய்தார்கள் தெரியுமா? மேலே இருக்கும் விளக்கைக் கீழே காட்டும் ஒரு சிறிய பட்டகத்தை டாஷ்போர்டில் வைத்துக்கொள்ளும் உதிரிப்பொருளாக விற்றார்கள். விஞ்ஞானப் பாடத்தில் ஒளி பட்டகத்தில் முறிவதைப் படித்த பிள்ளைகளுக்கு இதைச் சொன்னால் சிரிப்பார்கள். ஒரு மறைப்பை மாட்டிவிட்டு, மறைந்ததைப் பார்க்க இன்னொரு சாமான் வாங்குவது! தொப்பியைக் கழற்றினால் இரண்டு செலவும் மிச்சம்.

1950களின் தொடக்கத்தில் கண்ணாடிக் கம்பனிகள் வேறு வழிக்கு வந்தன. கண்ணாடிக்கு நடுவே இருக்கும் பிளாஸ்டிக் படலத்தின் மேல் பகுதிக்கு மட்டும் சாயம் ஏற்றினார்கள். அதுவும் மேலிருந்து கீழாக மங்கிப் போகும்படி. ஜெனரல் மோட்டர்ஸ் கார்களில் 'ஈசி ஐ' என்ற பெயரில் இந்தச் சாயக் கண்ணாடி வந்தது. காலமும் அதற்குப் பொருந்தியது. 1954 அளவில் முன்கண்ணாடிகள் பக்கவாட்டில் வளைந்து பெரிதாகத் தொடங்கின. கண்ணாடி பெரிதானால் உள்ளே வரும் வெயிலும் அதிகம்தானே. தகரத் தொப்பி போய்ச் சாயப் பட்டை வந்தது.

இதை எல்லோரும் கைதட்டி வரவேற்கவில்லை. பட்டை மட்டுமல்லாமல் கண்ணாடி முழுவதுமே இலேசான பச்சையாக வந்தபோது, பகலில் இதமாக இருப்பது இரவில் பார்வையைக் குறைக்கும் என்று பார்வை பற்றி ஆராய்ந்தவர்கள் அப்போதே எச்சரித்தார்கள். கருப்புச் சட்டையோடு வீதி கடக்கும் ஒருவரை இருட்டில் எவ்வளவு தூரத்தில் காணலாம் என்பதுதான் கேள்வி. மெல்லிய சாயம்கூட அந்தத் தூரத்தில் கொஞ்சம் கொஞ்சமாகக் கடித்துக்கொள்ளும்.

இந்த இழுபறியின் நடுவே நிலைத்து நின்ற எண் 70. வாகனம் ஓட்டுவதற்குத் தேவையான கண்ணாடிப் பகுதி, விழும் ஒளியில் குறைந்தது 70 வீதத்தை உள்ளே விட வேண்டும் என்பது அமெரிக்கத் தரநிலை. 1966இல் வீதிப் பாதுகாப்புச் சட்டம் வந்து, 1968 ஜனவரி 1 முதல் வாகனக் கண்ணாடிக்கான 205ஆம் இலக்க மத்திய தரநிலை நடைமுறைக்கு வந்தபோது அந்த எண் சட்டத்தின் பலத்தைப் பெற்றது. மேலே உள்ள பட்டை 70 வீதத்தை விடாதே, அதை என்ன செய்வது? அதற்காகத்தான் கண்ணாடியின் ஓரத்தில் 'ஏ.எஸ்.1' என்ற எழுத்தும் ஓர் அம்புக்குறியும் வந்தன. அந்தக் கோட்டுக்குக் கீழே 70 வீதம் கட்டாயம். மேலே இருட்டாக இருக்கலாம். சூரியனுக்கும் சமிக்ஞைக்கும் நடுவே போட்ட எல்லைக்கோடு அது.

அந்த மத்திய சட்டத்துக்கு ஓர் இடைவெளி இருந்தது. அது வாகனம் செய்கிறவனையும், விற்கிறவனையும், திருத்தும் கராஜையும் கட்டுப்படுத்தும். சொந்தக்காரன் தன் வீட்டு முற்றத்தில் தானே ஒட்டிக்கொண்டால் அதற்குள் வராது. டிண்ட் படலம் மலிவாகப் பரவிய பிறகு அந்த இடைவெளியை ஒவ்வொரு மாநிலமும் தன் போக்கில் அடைத்தது. நியூயோர்க் மேல் 6 அங்குலம் என்றது. டெக்சாஸ், ஏ.எஸ்.1 கோடு அல்லது மேலிருந்து 5 அங்குலம், எது மேலே இருக்கிறதோ அதுவரை என்றது. நிறத்துக்கும் கட்டுப்பாடு உண்டு. டெக்சாஸில் அந்தப் பட்டை சிவப்பாகவோ நீலமாகவோ மஞ்சளாகவோ இருக்க முடியாது. கலிபோர்னியாவில் சிவப்பும் மஞ்சளும் கூடாது.

எனக்கு மிகவும் பிடித்தது கலிபோர்னியாச் சட்டம்தான். அது கண்ணாடியின் உச்சியில் இருந்து அளக்கவில்லை. வாகனத்தைச் சமதரையில் நிறுத்து. சாரதி ஆசனத்தை முற்றாகப் பின்னால் தள்ளி, கீழே இறக்கு. சாய்மானத்தின் அடியில் இருந்து 5 அங்குலம் முன்னால் ஒரு புள்ளி வை. அங்கிருந்து நேர் மேலே 29 அங்குலம், அதாவது ஏறத்தாழ 74 சென்ரிமீற்றர். பட்டையின் கீழ் விளிம்பு அந்த உயரத்துக்குக் கீழே வரக்கூடாது. மனிதன் உட்காரும் இடத்தில் இருந்து அளக்கிற சட்டம் இது. லொறியோ சின்னக் காரோ, கண்ணாடி சாய்ந்திருந்தாலும் நிமிர்ந்திருந்தாலும், கேள்வி ஒன்றுதான்: உன் கண்ணுக்கு முன்னால் மறைப்பு வருகிறதா? இன்னொன்றும் அதில் உண்டு. அந்தப் பட்டையில் ஒளி புகாத எழுத்துகள் இருக்கக்கூடாது. நம்மூர் பஸ்களின் முன்கண்ணாடி மேலே எத்தனை எழுத்துகள் என்று எண்ணிப் பார்த்தால், அந்த வரி யாருக்காக எழுதப்பட்டது என்று யோசிக்கத் தோன்றும். 'மாஷா அல்லாஹ்' தொடக்கம் 'புது சரணய்' வரை, ஊருக்கு ஊர், உரிமையாளருக்கு உரிமையாளர். அதற்குக் கீழே ஒரு சரிகைக் குஞ்சம் வேறு. எழுதியது எவ்வளவு நல்ல வார்த்தையாக இருந்தாலும் ஒளி அதன் வழியே வராது.

ஐரோப்பா தனிப் பாதையில் போனது. ஐக்கிய நாடுகளின் ஐரோப்பியப் பொருளாதார ஆணைக்குழுவின் 43ஆம் இலக்க ஒழுங்குவிதி வாகனக் கண்ணாடிக்கானது. அதில் எனக்கு வியப்பான பகுதி நிறச் சோதனை. சாயமுள்ள முன்கண்ணாடி வழியாகப் பார்க்கும்போது வெள்ளை, மஞ்சள், சிவப்பு, பச்சை, நீலம், அம்பர் எல்லாம் அந்தந்த நிறமாகவே அடையாளம் தெரிய வேண்டும். விளக்கு தெரிந்தால் போதாது, அது என்ன நிறம் என்றும் தெரிய வேண்டும்.

ஜப்பான் கணக்கு நமக்கு நெருக்கமானது, ஏனென்றால் நம் வீதியில் ஓடுகிறவற்றில் மிகப் பெரும்பகுதி அங்கே செய்தவை. அங்கும் முன்கண்ணாடிக்கு 70 வீதம்தான். ஆனால் கண்ணாடியின் உயரத்தில் மேல் 20 வீதம், ஓட்டுவதற்கு அவசியமான பகுதியாகக் கணக்கில் வராது. 70 சென்ரிமீற்றர் உயரமான கண்ணாடி என்றால் 14 சென்ரிமீற்றர். மேலே ஒட்டும் பட்டையை அவர்கள் 'ஹச்சிமாக்கி' என்பார்கள், நெற்றியில் கட்டும் துணியின் பெயர் அது. நாளைக்கு உங்கள் காரின் முன்கண்ணாடி மூலையைப் பாருங்கள். பல கார்களில் '43ஆர்' என்று இருக்கும், அது நான் மேலே சொன்ன ஒழுங்குவிதி. வட்டத்துக்குள் 'ஈ' எழுத்தும் பக்கத்தில் ஓர் எண்ணும் இருந்தால், அனுமதி கொடுத்த நாட்டை அந்த எண் சொல்லும். 1 ஜெர்மனி, 11 பிரித்தானியா. ஜப்பானின் எண்ணும் தற்செயலாக 43 தான்.

தொழிற்சாலையில் வந்த பட்டைக்கு மேல் படலம் ஒட்டுகிறவர்களுக்கு ஒரு சின்னக் கணக்கு. கண்ணாடி 75 வீதம் ஒளியை விடுகிறது, நீங்கள் ஒட்டும் படலம் 50 வீதம் விடுகிறது என்று வையுங்கள். மிஞ்சுவது எவ்வளவு? பலர் 50 என்பார்கள். கூட்டலும் இல்லை, கழித்தலும் இல்லை, பெருக்கல். 0.75 × 0.50 = 0.375. நூற்றுக்கு 37.5 மட்டும். மஃரிப் நேரத்தில், மழையும் தூறினால், இது எவ்வளவு குறைவு என்று வாகனம் ஓட்டுகிறவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை.

இதுவரை சொன்னது எல்லாம் சாரதி வெளியே பார்ப்பது பற்றி. இந்தியாவில் கேள்வி தலைகீழாக வந்தது: வெளியே நிற்பவர் உள்ளே பார்க்க முடிகிறதா? 1989ஆம் ஆண்டு மோட்டார் வாகன விதிகளின் 100ஆவது விதி, முன் பின் கண்ணாடிகளுக்கு 70 வீதமும் பக்கக் கண்ணாடிகளுக்கு 50 வீதமும் கேட்டது. ஆனால் கறுப்புப் படலங்கள் பெருகின. அத்தகைய வாகனங்களில் குற்றங்கள் நடக்கின்றன என்று அவிஷேக் கோயங்கா தொடுத்த பொதுநல வழக்கில், 2012 ஏப்ரல் 27ஆம் திகதி பிரதம நீதியரசர் எஸ்.எச். கபாடியா தலைமையிலான அமர்வு தீர்ப்புச் சொன்னது. விதி பேசுவது கண்ணாடி செய்யப்படும்போது இருக்க வேண்டிய தெளிவைப் பற்றி, பிறகு ஒட்டுவதற்கு அங்கே இடமே இல்லை என்றது நீதிமன்றம். எத்தனை வீதம் ஒளி விட்டாலும் படலம் கூடாது. மேல் விளிம்பில் ஒட்டிய பட்டையும் இதில் அகப்பட்டது. தொழிற்சாலையில் கண்ணாடிக்குள்ளேயே சாயம் ஏற்றி வருவதற்குத் தடை இல்லை.

அந்தத் தீர்ப்பில் எனக்கு ஒரு மனக்குறை உண்டு. 70 வீதக் கணக்கு பிறந்தது சாரதியின் கண்ணுக்காக. அதை எடுத்துக் குற்றத்தடுப்புக்குப் பயன்படுத்தியபோது, நல்ல தெளிவான படலமும் கரிக் கறுப்புப் படலமும் ஒரே தட்டில் வந்துவிட்டன. அதே நேரம், வீதியோரத்தில் நிற்கும் ஒரு பெண்ணின் பக்கமிருந்து பார்த்தால், உள்ளே யார் என்று தெரியாத வாகனம் பயம் தரும்தான். பின்னர் 2020இல் விதியே திருத்தப்பட்டது. பாதுகாப்புக் கண்ணாடியோடு, உட்பக்கம் பிளாஸ்டிக் படலம் சேர்ந்த வகைகளும் தரநிலைக்குள் ஏற்கப்பட்டன. அதை வைத்து, குறித்த ஒளி அளவைக் காக்கும் படலம் ஒட்டலாம் என்று 2024 செப்டெம்பரில் கேரள ஹைகோர்ட் சொன்னது.

தகரத் தொப்பிக்கு ஒருமுறை திரும்பி வருகிறேன். அந்த மறைப்பு பிரித்தானியக் கார்களிலும் மாட்டப்பட்டது. நம் பகுதியில் ஓடிய பழைய மொரிஸ் மைனர், ஒஸ்டின் கார்களில் அதைப் பார்த்த மூத்தவர்கள் இருந்தால் எழுதுங்கள். வீட்டில் பழைய கல்யாண அல்பம் இருந்தால் புரட்டிப் பாருங்கள், மாப்பிள்ளை காரின் நெற்றியில் அது இருக்கக்கூடும். படம் கிடைத்தால் அனுப்புங்கள், பிள்ளைகளுக்கு வகுப்பில் காட்ட வேண்டும்.